அறுபது பிரேம் பூனை – கடிதம்

அன்புள்ள சார்,

டாம் அண்ட் ஜெர்ரி குறும்படங்களைப் பல வருடங்களாகச் சேர்த்து வருகிறேன். அந்தக் காலத்தில் தியேட்டருக்காக எடுத்தவை மட்டும். ஹன்னா–பார்பெரா எடுத்த 114, ஜீன் டைட்ச் பிராகில் எடுத்த 13, சக் ஜோன்ஸின் 34, எல்லாம் என்னிடம் இருக்கின்றன. இவற்றை வெளியான வரிசையில் அடுக்குவதா, இயக்குநர் வாரியாகவா? டைட்ச் படங்களைத் தூக்கிவிடலாமா? ஐம்பதுகளில் உருவங்கள் எளிமையாகி, பின்னணியும் வெறுமையாகிவிடுகிறதே, அது வீழ்ச்சிதானா? இப்போது ஏஐ மென்பொருளில் போட்டு ஒவ்வொன்றாக நொடிக்கு 60 பிரேமுக்கு மாற்றி வருகிறேன். வழுக்கிக்கொண்டு ஓடுகிறது. நாற்பது வயதில் இது என்ன பிள்ளை விளையாட்டு என்று வீட்டில் கேட்கிறார்கள். மகள் மட்டும் கூட உட்கார்ந்து பார்க்கிறாள்.

எஸ்., ஈரோடு

அன்புள்ள எஸ்.,

வீட்டில் கேட்பதை விடுங்கள். மகள் பக்கத்தில் உட்கார்ந்து பார்க்கிறாள் இல்லையா, அதைவிட என்ன வேண்டும்.

ஆனால் அந்த 60 பிரேம் வேலையை இன்றே நிறுத்துங்கள். பழைய கோப்புகளை அழித்துவிடவில்லையே? இணையத்தில் எங்கே திரும்பினாலும் இப்படி மெருகேற்றிய பதிப்புகள்தான் கிடைக்கின்றன. அதைப் பற்றி எழுத வேண்டும் என்று நினைத்துக்கொண்டிருந்தபோதுதான் உங்கள் கடிதம் வந்தது. இவ்வளவு பாடுபட்டுச் சேர்த்த ஒருவர் தன் கையாலேயே அதைக் கெடுக்கிறாரே என்று உண்மையிலேயே கோபம் வந்தது.

சினிமா நொடிக்கு 24 பிரேம், அதாவது 24 ஒற்றைப் படங்கள். கார்ட்டூனில் பெரும்பாலும் ஒரு ஓவியத்தை இரண்டு பிரேமுக்கு நிறுத்துவார்கள், அதாவது நொடிக்குப் பன்னிரண்டு ஓவியம். வேகம் வேண்டிய இடத்தில் மட்டும் பிரேமுக்கு ஒன்று. எங்கே நிறுத்துவது, எங்கே தாவுவது என்பதுதான் இந்தக் கலை. டாம் எத்தனை பிரேம் திகைத்து நிற்க வேண்டும், எத்தனை பிரேமில் விழ வேண்டும் என்று வில்லியம் ஹன்னா முன்கூட்டியே தாளக் கணக்காகத் தாளில் குறித்துவிடுவார். ஸ்காட் பிராட்லியின் இசை அந்தக் கணக்கோடு ஒட்டி ஓடும். டாம் வலியில் போடுகிற அந்த அலறல்கூட ஹன்னாவின் குரல்தான்.

உங்கள் மென்பொருள் என்ன செய்கிறது? நொடிக்குக் குறைந்தது 36 படங்களைத் தானே தயாரித்துச் செருகுகிறது. ஏழு நிமிடப் படத்தில் பதினைந்தாயிரத்துக்கும் மேல், யாருமே வரையாத படங்கள். டாம் நின்ற நிலையிலிருந்து சட்டென்று தாவ வேண்டிய இடத்தில் மெதுவாகக் கரைந்து நகர்கிறான். தனி ஆவர்த்தனத்தில் வித்வான் வேண்டுமென்றே விட்ட கார்வைகளில் எல்லாம் பக்கத்தில் இருப்பவர் தட்டி நிரப்பினால் எப்படி இருக்கும்? அடி விழுகிற கணத்தில்தான் சிரிப்பு இருக்கிறது. அந்தக் கணத்தை நீங்கள் மழுங்கடித்துவிட்டீர்கள்.

சிறுவயதில் எங்கள் ஊர்க் கொட்டகை ஆபரேட்டர் அண்ணன் வெட்டிப் போடும் பிலிம் துண்டுகளைப் பொறுக்கி வருவோம். ஃபியூஸ் போன பல்பில் தண்ணீர் நிரப்பி, முகம் பார்க்கும் கண்ணாடியால் வெயிலைத் திருப்பி, வேட்டியில் படம் காட்டுவோம். பெரும்பாலும் எம்ஜிஆர், சிவாஜி. ஒரே ஒரு தடவை, ஆங்கிலப் படத்துக்கு முன்னால் ஓட்டிய கார்ட்டூனின் துண்டு எனக்குக் கிடைத்தது. ஒரு கட்டத்தில் பூனை ஓடத் தயாராக நின்றது. அடுத்த கட்டத்தில் பூனையே இல்லை. உலர்ந்த தூரிகையால் இழுத்த சாம்பல் கோடுகள், நடுவே மூன்று கண்கள். அதற்கடுத்ததில் பூனை மறுபடி முழுசாக, கட்டத்தின் மறு ஓரத்தில். கை தவறி வரைந்துவிட்டார்கள் என்றான் நண்பன். பத்து எம்ஜிஆர் தருகிறேன் என்று கேட்டும் நான் அதைக் கொடுக்கவில்லை.

கண்ணுக்குத் தனியாகத் தெரியாத, ஆனால் அது இல்லாவிட்டால் ஓட்டமே இல்லாமல் போகிற அந்த ஒற்றைப் படத்தைத்தான் உங்கள் மென்பொருள் ‘சரிசெய்கிறது’. மூன்று கண்ணையும் இழுத்துக் குழைத்து எதையோ ஆக்கிவைக்கிறது. அந்தத் தூரிகை இழுப்புகளை செல்லுலாய்டு தாளில் போட்டவர்கள் மை, வண்ணப் பிரிவுகளில் வேலை செய்தவர்கள். பெரும்பாலும் பெண்கள். அவர்கள் பெயர் எந்தப் படத்தின் தொடக்கத்திலும் வராது. மிஞ்சியிருப்பது அந்த இழுப்பு மட்டும்தான்.

இந்த அக்கிரமம் புதிதும் அல்ல. பழைய கார்ட்டூன்களை டிவிடிக்குக் கொண்டுவந்தபோது, தூசியையும் கீறலையும் நீக்க ஒரு கருவியை ஓட்டினார்கள். ஒரு பிரேமில் மட்டும் தோன்றி மறைவதெல்லாம் அழுக்கு என்பது அதன் கணக்கு. வேகமாக நகரும் கையின் மைக்கோடும் அப்படித்தானே தோன்றி மறையும்? கோடுகளைத் துடைத்து எடுத்துவிட்டது. படத்தை நிறுத்திப் பார்த்தால் பாதி விரல் இல்லாத கைகள். சேகரிப்பவர்கள் அன்று போட்ட சண்டை நியாயமானது. இன்று சேகரிப்பவரே அதைச் செய்கிறார்.

வீழ்ச்சியா என்று கேட்டீர்கள். அத்தனையையும் அந்த ஒரு சொல்லில் அடைக்காதீர்கள். 1942இல் வார்னர் ஸ்டூடியோவுக்காக சக் ஜோன்ஸ் ‘தி டோவர் பாய்ஸ்’ என்ற கார்ட்டூனை எடுத்தார். தட்டையான உருவங்கள், ஒரு நிலையிலிருந்து மறு நிலைக்கு ஒரே இழுப்பில் தாவுகிற அசைவு. மேலிடத்துக்குப் பிடிக்கவில்லை என்று அவரே பின்னாளில் சொல்லியிருக்கிறார். அதில் அனிமேட்டராக இருந்த ராபர்ட் கேனன்தான் 1950இல் யுபிஏ என்ற கார்ட்டூன் ஸ்டூடியோவில் ‘ஜெரால்ட் மெக்போயிங்-போயிங்’ படத்தை இயக்கி ஆஸ்கர் வாங்கிக் கொடுத்தவர். அங்கே பின்னணியைக் காலியாக விட்டது தைரியம். 1957இல், டாம் அண்ட் ஜெர்ரியை எடுத்துவந்த எம்ஜிஎம் ஸ்டூடியோ தன் கார்ட்டூன் பிரிவை மூடியது. தொலைக்காட்சிக்குப் போன ஹன்னாவும் பார்பெராவும் கையில் காசு இல்லாமல் பின்னணியையும் அசைவையும் குறைத்தார்கள். பார்க்க ஒன்றுபோல இருந்தாலும் இரண்டுக்கும் காரணம் வேறு. 1954இலிருந்து வந்த சினிமாஸ்கோப் டாமில் எனக்குக் குறையாகப் படுவது வரைகலை அல்ல, பழைய அடிதடியையே திருப்பித் திருப்பிச் செய்கிற சோர்வு.

டைட்ச் படங்கள் இருக்கட்டும். அவர் யுபிஏ வழி வந்தவர், டாம் அண்ட் ஜெர்ரியின் வன்முறை அவருக்குப் பிடிக்காது. பிடிக்காததைச் செய்த கை அந்தப் பதின்மூன்றிலும் தெரிகிறது. ஆனால் 1960இல் அவர் இயக்கிய ‘மன்ரோ’ குறும்படம் கிடைத்தால் மகளோடு பாருங்கள்.

அடுக்கும் வரிசை பற்றியும் கேட்டிருந்தீர்கள். வெளியான வரிசையே போதும். ஆனால் உங்கள் பட்டியலில் அனிமேட்டர் என்று ஒரு பத்தி சேருங்கள். ஒரே படத்துக்குள் காட்சிக்குக் காட்சி கை மாறும். கென்னத் மியூஸின் டாம் உருண்டு திரண்டு நிதானமாக இருப்பான். இர்வன் ஸ்பென்ஸின் டாம் கூர்ந்து நீண்டு வெறிபிடித்தவன்போல் ஓடுவான். பழகிவிட்டால் பெயர் பார்க்காமலே சொல்லிவிடலாம். வார்னர் தன் பழைய கார்ட்டூன்களை ‘புளூ ரிப்பன்’ என்று மறுவெளியீடு செய்தபோது, தொடக்கத்தில் இருந்த பெயர் அட்டைகளையே வெட்டி எறிந்தது. பல படங்களில் யார் எதை வரைந்தார் என்பதை இன்று அசைவை வைத்துத்தான் கண்டுபிடிக்கிறார்கள். 60 பிரேம் பதிப்பை வைத்துக்கொண்டு அதைச் செய்யவே முடியாது. 1947இன் ‘தி கேட் கான்செர்ட்டோ’வில் தொடங்குங்கள். மியூஸ், எட் பார்ஜ், ஸ்பென்ஸ் மூவரின் பெயரும் தொடக்கத்திலேயே வருகின்றன. டாம் பியானோ வாசிக்கும் இடங்களில் ஒவ்வொரு பிரேமாக நகர்த்தி, எந்த இடத்தில் கை மாறுகிறது என்று முதலில் மகளைச் சொல்லச் சொல்லுங்கள்.