புஷ்காஷ் யார் என்று கேட்ட தம்பிக்கு

தம்பி, ஹங்கேரியின் புடாபெஸ்டுக்கு வந்து மூன்று வாரம்தான் ஆகிறது என்கிறீர்கள். மெட்ரோ ஸ்டேஷன் பேரிலும் ஸ்டேடியம் பேரிலும் ஒரே ஆள், ஆபீஸ் சாப்பாட்டு மேசையிலும் அவர் பேச்சுதான், கிரிக்கெட் மட்டுமே தெரிந்த நான் முழிக்கிறேன், யார் அண்ணா இந்தப் புஸ்காஸ் என்று கேட்டிருந்தீர்கள்.

ஹங்கேரி நாட்டுக் கால்பந்து வீரர் அவர். முதலில் உச்சரிப்பு. எழுத்தைப் பார்த்துப் புஸ்காஸ் என்று சொல்லாதீர்கள். ஹங்கேரியனில் எஸ் எழுத்துக்கு ‘ஷ’ ஓசை. புஷ்காஷ். இந்த ஊரையே இவர்கள் புடாபெஷ்ட் என்றுதான் சொல்வார்கள். குடும்பப் பேர் முன்னால் வரும், சொந்தப் பேர் பின்னால்: புஷ்காஷ் ஃபெரென்ஸ். (நான் வந்த புதிதில் ஒரு படிவத்தில் இனிஷியலை விரித்து எழுதப் போய், அட்டை என் அப்பா பேரில் வந்தது. ஒரு வருஷம் ஆபீஸில் எல்லோரும் என்னை அப்பா பேர் சொல்லித்தான் கூப்பிட்டார்கள்.)

புஷ்காஷும் பிறந்தபோது வேறு பேர்தான். ஜெர்மன் வம்சாவளிக் குடும்பம், 1937இல் ஹங்கேரியப் பேருக்கு மாறியது. ஊர், நகரத்தின் ஓரத்தில் இருக்கும் கிஷ்பெஷ்ட். பக்கத்து வீட்டுப் பையன் போஷிக்கோடு தெருவில் பந்து உதைத்து வளர்ந்தவர். கிளப்பில் சேர வயது பத்தாததால், கோவாச் மிக்லோஷ் என்று பொய்ப் பேர் கொடுத்து ஆடினார். செல்லப் பேர் ‘ஒச்சி’. அதற்கு என்ன அர்த்தம் தெரியுமா? தம்பி! வயதான பிறகு ‘ஒச்சி பாச்சி’ என்றார்கள். பாச்சி என்றால் மாமா, பெரியவர். அதாவது தம்பி மாமா. நம் ஊரிலும் தாத்தா ஆன பிறகும் சின்னத்தம்பியாகவே இருப்பவர்கள் உண்டே, அது மாதிரி.

எனக்கு இதையெல்லாம் சொல்லித் தந்தது ஆபீஸ் நண்பர்கள் இல்லை, கீழ் வீட்டுத் தாத்தா. 1953 நவம்பர் 25 அன்று அவருக்கு ஏழு வயது. லண்டன் வெம்ப்ளியில் இங்கிலாந்துக்கு எதிரான ஆட்டத்தை ரேடியோவில் கேட்டாராம். அதுவரை ஐரோப்பியக் கண்டத்திலிருந்து போன எந்த அணியும் இங்கிலாந்தை அதன் சொந்த மண்ணில் தோற்கடித்ததில்லை. ஹங்கேரி 6, இங்கிலாந்து 3. ஹிடெக்குடி மூன்று கோல், புஷ்காஷ் இரண்டு, போஷிக் ஒன்று.

புஷ்காஷின் முதல் கோலைத் தாத்தா எனக்குச் சமையலறை மேசையில் நடத்திக் காட்டினார். உப்பு ஜாடிதான் இங்கிலாந்து கேப்டன் பில்லி ரைட். ஒரு பொகாச்சா, அதாவது இங்கே தின்கிற உப்பு பன், அதுதான் பந்து. கோலுக்குப் பக்கத்தில், வலது ஓரமாகப் புஷ்காஷ் நிற்கிறார். ஆள் குள்ளம், கொஞ்சம் தொப்பை, இடது கால் மட்டும்தான் பேசும். ரைட் பாய்ந்து சறுக்கிக்கொண்டு வருகிறார். இவர் இடது உள்ளங்காலால் பந்தைப் பின்னுக்கு இழுக்கிறார், அவ்வளவுதான். தாத்தா இரண்டு விரலால் பொகாச்சாவை இழுத்தார். இன்னொரு கையால் தள்ளிவிட்ட ஜாடி, பந்தே இல்லாத இடத்தில் போய் நின்றது. அப்புறம் அதே இடது காலால் ஒரு அடி. கோல்.

அன்றைக்கு நான் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம். ‘அடுத்த வருஷம் உலகக் கோப்பையும் நீங்கள்தானே ஜெயித்தீர்கள்?’ என்று கேட்டுவிட்டேன். அவர் பதில் சொல்லவில்லை. உப்பு ஜாடியை எடுத்து அலமாரியில் வைத்துவிட்டார்.

1954 ஜூலை 4, சுவிட்சர்லாந்தின் பெர்ன் நகரம், உலகக் கோப்பை ஃபைனல். நாலு வருஷமாகத் தோற்காத அணி. லீக் சுற்றில் இதே மேற்கு ஜெர்மனியை 8-3 என்று அடித்திருந்தார்கள், ஆனால் அந்த ஆட்டத்தில்தான் புஷ்காஷின் கணுக்கால் போனது. சரியாக ஆறாத காலோடு ஃபைனலில் இறங்கி ஆறாவது நிமிஷத்திலேயே கோல் போட்டார். எட்டு நிமிஷத்தில் 2-0. முடிவில் 3-2 என்று ஜெர்மனி ஜெயித்தது. கடைசி நேரத்தில் புஷ்காஷ் பந்தை வலைக்குள் தள்ளினார். லைன்ஸ்மேன் ஆஃப்சைட் என்று கொடி தூக்கினார், கோல் செல்லாமல் போனது. அந்தக் கொடி இன்னும் இறங்கவில்லை. ஆகவே ஆபீஸில் 6-3 பற்றி எவ்வளவு வேண்டுமானாலும் கேளுங்கள், 54 பற்றி அவர்களாகப் பேசினால் மட்டும் தலையாட்டுங்கள்.

நம் மாதிரி ஊர் விட்டு வந்தவர்களுக்கு அவர் கதை அதற்கப்புறம்தான் ஆரம்பிக்கிறது. 1956இல் இங்கே புரட்சி வெடித்து, சோவியத் டாங்கிகள் வந்து நசுக்கியபோது, அவருடைய ஹொன்வேட் அணி வெளிநாட்டில் ஆடப் போயிருந்தது. ஹொன்வேட் ராணுவத்தின் கிளப், அவருக்கு மேஜர் பதவி வரை கொடுத்திருந்தார்கள். போஷிக் ஊர் திரும்பினார். புஷ்காஷ் திரும்பவில்லை. லேசான முடிவு என்று நினைக்காதீர்கள். 1951இல் நாட்டை விட்டுப் போக முயன்ற ஸூச் ஷாண்டோர் என்ற கால்பந்து வீரரைத் தூக்கிலேயே போட்டிருந்தார்கள்.

திரும்பாததற்காக, உலகக் கால்பந்து அமைப்பான ஃபிஃபா தடை போட்டது. சுமார் ஒன்றரை வருஷம் மைதானமே கிடையாது, உடம்பு நன்றாகப் பெருத்துவிட்டது. 1958இல் ஸ்பெயினின் ரியல் மாட்ரிட் கிளப் அவரை எடுத்தபோது வயது 31, ஸ்பானிஷ் ஒரு வார்த்தை தெரியாது. எனக்கு இங்கே வந்தபோது 31. மூன்று மாதம் பேக்கரியில் விரலை நீட்டித்தான் ரொட்டி வாங்கினேன். அவர் என்ன செய்தார் பாருங்கள்: ஸ்பானிஷ் லீகில் அதிக கோல் அடித்தவர் என்ற பட்டம் நான்கு முறை. 1960இல் கிளாஸ்கோவில் நடந்த ஐரோப்பியக் கோப்பை ஃபைனலில் ஃப்ராங்ஃபர்ட்டை ரியல் மாட்ரிட் 7-3 என்று ஜெயித்தது. அதில் நான்கு கோல் இவருடையது, மூன்று அணித் தோழர் டி ஸ்டெஃபானோவுடையது. ஹங்கேரிக்காக 85 ஆட்டத்தில் 84 கோல் அடித்தவர், 1962 உலகக் கோப்பையில் ஸ்பெயின் சட்டையோடு இறங்கினார். அதில் ஒரு கோல்கூட இல்லை.

பிறகு கோச்சாக ஊர் ஊராகப் போனார். ஏதென்ஸின் பானதினைகோஸை 1971 ஐரோப்பியக் கோப்பை ஃபைனல் வரை கொண்டுபோனார். மெல்பர்னில் கிரேக்கர்களின் கிளப் ஒன்றுக்குப் பயிற்சி கொடுத்தபோது ஆங்கிலம் சரியாக வராது, ஏதென்ஸில் கற்ற கிரேக்கம்தான் கைகொடுத்தது. அவருக்குக் கார் ஓட்டியும் மொழிபெயர்த்தும் உதவிய அணித் தலைவர் ஆஞ்ச் போஸ்டெகோக்லு பின்னாளில் இங்கிலாந்து லீகில் கோச் ஆனார்.

ஹங்கேரிக்கு அவர் மறுபடி வர முடிந்தது 1981இல்தான், 25 வருஷம் கழித்து, அதுவும் விருந்தாளியாக. தொண்ணூறுகளில் நிரந்தரமாகத் திரும்பினார். 2002இல் தேசிய ஸ்டேடியத்துக்கு அவர் பேரை வைத்தார்கள். அப்போது அவருக்கு அல்சைமர். 2006 நவம்பரில் இறந்தார்.

ஞாயிற்றுக்கிழமை சும்மாதானே இருப்பீர்கள்? செயின்ட் ஸ்டீபன் பசிலிக்காவுக்குப் போங்கள், அங்கேதான் அடக்கம். அப்புறம் ஓபுடா பக்கம் பந்தைத் தட்டிக்கொண்டு நிற்கும் அவர் சிலை ஒன்று இருக்கிறது, சுற்றிச் சின்னப் பையன்கள். தொப்பையைக்கூட மறைக்காமல் செய்திருக்கிறார்கள். திங்கட்கிழமை சாப்பாட்டு மேசையில் அதைச் சொல்லுங்கள், மீதியை அவர்களே பேசிவிடுவார்கள்.