ஒரு மாதம் கூடுதலாக உண்டு, அதற்கு மேல் ஒரு நாளும் இல்லை

கேள்வி: ஈரோட்டில் சின்ன ஜவுளிக்கடை வைத்திருக்கிறேன். இன்புட் கிரெடிட் (சரக்கு வாங்கும்போது கட்டிய வரியைக் கழித்துக்கொள்வது) கணக்கு பொருந்தவில்லை என்று 3,80,000 ரூபாய் வரி, அதோடு வட்டியும் அபராதமும் விதித்து மார்ச் 12 அன்று ஜிஎஸ்டி அதிகாரி உத்தரவு போட்டுப் போர்ட்டலில் ஏற்றியிருக்கிறார். முன்னால் வந்த நோட்டீஸும் போர்ட்டலில்தான் வந்ததாம், நான் பார்க்கவில்லை. ஜூன் 30 அன்று வங்கியில் கணக்கை முடக்கிவிட்டதாகச் சொன்ன பிறகுதான் விஷயமே தெரியும். மூன்று மாதம் போய்விட்டது, இனி ஒன்றும் செய்ய முடியாது என்கிறார் ஆடிட்டர். நண்பர் ஒருவர், அப்பாவுக்கு உடம்பு சரியில்லை என்று மருத்துவச் சான்றிதழ் வாங்கி வைக்கச் சொல்கிறார். என்ன செய்யலாம்?

பதில்: உங்கள் ஆடிட்டர் பாதிதான் சரி. 2017-ஆம் ஆண்டின் ஜிஎஸ்டி சட்டம் 107-ஆம் பிரிவின்படி, உத்தரவு தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் மேல்முறையீடு செய்ய வேண்டும். உங்களுக்கு அது ஜூன் 12-உடன் முடிந்துவிட்டது. ஆனால் அதே பிரிவின் 4-வது உட்பிரிவு, போதிய காரணம் இருந்தால் இன்னும் ஒரு மாதம் வரை தாமதத்தை மன்னிக்க மேல்முறையீட்டு அதிகாரிக்கு அதிகாரம் தருகிறது. அப்படிப் பார்த்தால் ஜூலை 12 வரை உங்களுக்கு வழி திறந்திருக்கிறது. கடைசி நாளில் போர்ட்டல் சுற்றிக்கொண்டே இருப்பதை எத்தனையோ முறை பார்த்தாயிற்று. 9-ஆம் தேதிக்குள் முடித்துவிடுங்கள்.

ஜூலை 13 ஆகிவிட்டால்? அப்போது உங்கள் காரணம் எவ்வளவு நியாயமானது என்பது மேல்முறையீட்டு அதிகாரிக்கு முக்கியமே இல்லை; அவருக்கு அதிகாரமே கிடையாது. இப்படி உச்சவரம்போடு காலக்கெடு வைத்த மத்திய கலால் சட்டத்தில், அதைத் தாண்டி மன்னிக்க முடியாது என்று சிங் என்டர்பிரைசஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. 2020-இல் கிளாக்ஸோ வழக்கில், ஆந்திர வாட் சட்டத்தை வைத்து இன்னும் ஒரு படி மேலே போய், கெடு முடிந்த பிறகு உயர் நீதிமன்றத்தில் ரிட் (நேரடியாகப் போடும் மனு) போட்டு அதைச் சுற்றிவர முடியாது என்றும் சொன்னது. ஆனாலும் சென்னை உயர் நீதிமன்றம், ஒருதலையாகப் போட்ட ஜிஎஸ்டி உத்தரவுகளை வரியில் ஒரு பங்கைக் கட்டச் சொல்லி ரத்து செய்து, மறுவிசாரணைக்கு அனுப்பியதும் உண்டு. அதை நம்பி இந்த ஒரு வாரத்தைக் கைவிட்டுவிடாதீர்கள். ரிட்டுக்குப் பணமும் அதிகம், முடிவு நீதிபதியின் விருப்புரிமையில் இருக்கிறது.

'போர்ட்டலில் ஏற்றியது எனக்குத் தெரிவித்தது ஆகாது, தெரிந்த நாள் ஜூன் 30தான்' என்றும் வாதாடலாம். ஆனால் சட்டத்தின் 169-ஆம் பிரிவில் போர்ட்டலில் ஏற்றுவதும் ஒரு முறைதான். அதற்குப் பதில் வராதபோது தபால் போன்ற வேறு வழியிலும் அனுப்பியிருக்க வேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்றம் சில வழக்குகளில் சொல்லியிருக்கிறது. மனுவில் இதை இரண்டாவது காரணமாகச் சேர்த்துக்கொள்ளுங்கள், முதல் காரணமாக வேண்டாம்.

சரி, போதிய காரணம் என்று எதைச் சொல்வது? நடந்ததையே சொல்லுங்கள். போர்ட்டலில் பதிந்திருப்பது யாருடைய மின்னஞ்சல், யாருடைய போன் நம்பர் என்று முதலில் பாருங்கள். நிறைய கடைகளில் பழைய கணக்குப்பிள்ளையின் நம்பர்தான் அங்கே உட்கார்ந்திருக்கும். உங்களுக்கும் அப்படியென்றால் அதன் ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள். வங்கியிலிருந்து வந்த கடிதத்தை இணைக்கவும். நோட்டீஸைப் பார்க்கத் தவறியது ஆடிட்டர் என்றால் அவரே ஒரு பிரமாணப் பத்திரம் தரட்டும். தயங்குவார், கேட்டு வாங்குங்கள். மார்ச் 12 முதல் ஜூன் 30 வரை ஏன் தெரியவில்லை, ஜூன் 30-க்குப் பிறகு ஒவ்வொரு நாளும் என்ன செய்தீர்கள் என்று தேதி போட்டு எழுதுங்கள். 1987-இல் கத்திஜி வழக்கில் ஒவ்வொரு நாள் தாமதத்துக்கும் விளக்கம் வேண்டும் என்பதை மணிக்கணக்கு, நொடிக்கணக்கு வரை இழுக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னதுதான். அதற்காக இடையில் பெரிய ஓட்டை விட்டுவிடவும் கூடாது.

மருத்துவச் சான்றிதழ் யோசனையை இன்றே மறந்துவிடுங்கள். உங்கள் அப்பா நலமாக இருக்கும்போது, ஒரு பொய்க்காக உண்மையான காரணத்தையும் சேர்த்துச் சந்தேகத்துக்கு ஆளாக்குவது எதற்கு? நானாக இருந்தால் அந்த மனுவில் கையெழுத்துப் போட மாட்டேன்.

இனி வேலை. மேல்முறையீட்டுக்கான ஏபிஎல்-01 படிவத்தைப் போர்ட்டலில் நிரப்பி, தாமத மன்னிப்பு மனுவை இணைத்து, சர்ச்சைக்குரிய வரியில் 10 சதவீதம், அதாவது முழு வரியையும் மறுக்கிறீர்கள் என்றால் 38,000 ரூபாய், முன்கூட்டியே கட்ட வேண்டும். வட்டிக்கும் அபராதத்துக்கும் இப்போது கட்ட வேண்டியதில்லை. இன்புட் கிரெடிட்டுக்கான பில்கள், சப்ளையர் வரி கட்டியதற்கான ஆதாரம், பணம் அனுப்பிய வங்கிக் கணக்கு விவரம் எல்லாவற்றையும் இப்போதே போடுங்கள். மேல்முறையீட்டு அதிகாரி வழக்கைத் திருப்பி அனுப்ப முடியாது, அவரே முடிவு செய்ய வேண்டும் என்பது சட்டம். அப்புறம் கொண்டுவருகிறேன் என்றால் அதற்கே தனியாகக் காரணம் சொல்ல வேண்டியிருக்கும்.

முன்பணம் கட்டி மேல்முறையீடு போட்டதும் மீதித் தொகையின் வசூல் தானாகவே நிறுத்தப்பட்டதாகும். தாக்கல் செய்ததற்கான ஒப்புகையும் பணம் கட்டிய ரசீதும் கையில் கிடைத்த அன்றே, கணக்கை முடக்கிய அதிகாரியிடம் முடக்கத்தை விலக்கக் கோரி எழுத்தில் கொடுங்கள். வங்கிக்கும் ஒரு நகல்.