1960களின் ஜேம்ஸ் பாண்ட் இசையை லாஸ்லெஸ்ஸில், அதாவது ஒலித்தகவல் எதையும் இழக்காத வடிவில், கேட்க 24 பிட், 192 கிலோஹெர்ட்ஸ் கோப்புதான் வேண்டுமா?

வேண்டாம். சிடி தரம், அதாவது 16 பிட், 44.1 கிலோஹெர்ட்ஸ், தாராளமாகப் போதும். (பிட் என்பது ஒவ்வொரு அளவீட்டின் நுணுக்கம்; இங்கே கிலோஹெர்ட்ஸ் என்பது நொடிக்கு எத்தனை ஆயிரம் முறை ஒலியை அளக்கிறார்கள் என்பது.) ஜான் பாரி இசையமைத்த கோல்ட்ஃபிங்கர் வந்தது 1964-இல். இரைச்சல் குறைப்புக்குப் பேர்போன டால்பி நிறுவனம் தொடங்கியதே 1965-இல்தான். அந்தக் காலத்து டேப்பில் இரைச்சலுக்கும் உச்ச ஒலிக்கும் உள்ள இடைவெளி ஏறத்தாழ 60 முதல் 70 டெசிபல். 16 பிட்டே 96 டெசிபல் வரை கொள்ளும். அதற்கு மேல் சேர்க்கும் பிட்டுகளில் பதிவாவது டேப்பின் இரைச்சல்தான்.

பிட்டைவிட எந்த மாஸ்டர், அதாவது வெளியீட்டுக்காகத் தயாரித்த எந்த மூலப்பதிவு, என்பதே முக்கியம். அமைதியாகப் போகும் இசையில் டிரம்பெட்டும் டிராம்போனும் திடீரென வெடித்துக் கிளம்புவதுதான் பாரியின் உயிர்நாடி. சில மறுபதிப்புகளில் மொத்த ஒலியையும் உயர்த்தி அந்த ஏற்ற இறக்கத்தை அமுக்கிவிடுகிறார்கள். அப்படிப்பட்டது லாஸ்லெஸ்ஸாக இருந்தாலும் தட்டையாகத்தான் கேட்கும். இரண்டு பதிப்புகளை ஒப்பிடும்போது வால்யூமைக் காதளவில் சமன்செய்துகொள்ளுங்கள். இல்லாவிட்டால் சத்தமானதே நல்லது என்று தோன்றும்.

பெரும்பாலானோர் கோட்டைவிடுவது புளூடூத்தில். சிடி தரத்துக்கு நொடிக்கு 1,411 கிலோபிட் வேண்டும். புளூடூத்தில் ஒலியைச் சுருக்கி அனுப்பும் முறைகளில் (கோடெக்) ஒன்றான எல்டிஏசியின் உச்சமே 990. எஸ்பிசி, ஏஏசி இரண்டும் அதைவிடக் குறைவு. ஆகவே வயர் ஹெட்போன்தான். ஆப்பிளின் யூஎஸ்பி-சி ஹெட்போன் அடாப்டர் 24 பிட், 48 கிலோஹெர்ட்ஸ் வரை தரும், இதற்கு அதுவே போதும். ஆண்ட்ராய்டு வழக்கமாக 44.1-ஐ 48-க்கு மாற்றி அனுப்பும்; யூஎஸ்பி ஆடியோ பிளேயர் புரோ செயலி அந்த மாற்றத்தைத் தவிர்க்கும். விண்டோஸில் ஃபூபார்2000 பிளேயரில் வசாபி எக்ஸ்க்ளூசிவ் என்ற வெளியீட்டைத் தேர்ந்தெடுங்கள், அதுவும் விண்டோஸின் ஒலி மாற்றத்தைத் தவிர்க்கும்.

ஆப்பிள் மியூசிக்கில் லாஸ்லெஸ்ஸை ஆன் செய்துவிட்டு, மொபைல் டேட்டா, வைஃபை, டவுன்லோடு மூன்றுக்கும் தனித்தனியாகத் தரத்தைத் தேர்வு செய்ய வேண்டும். சுற்றிலும் ஒலிப்பதுபோல் கேட்கவைக்கும் டால்பி அட்மாஸை அணைத்துவிடுங்கள்: அது வேறு மிக்ஸ், லாஸ்லெஸ்ஸும் அல்ல.

சிடி கையில் இருந்தால் எக்ஸாக்ட் ஆடியோ காப்பி மென்பொருளின் செக்யூர் முறையில் ஃபிளாக்காக (லாஸ்லெஸ் கோப்பு வடிவம்) எடுத்து, மற்றவர்கள் அதே சிடியை எடுத்த முடிவுகளோடு ஒப்பிடும் அக்யூரேட்ரிப் சோதனையில் பொருந்துகிறதா என்று பாருங்கள். ஃபிளாக் சுருக்க அளவு 5 ஆனாலும் 8 ஆனாலும் ஒலி ஒன்றுதான், கோப்பின் அளவுதான் மாறும்.

வேறு இடத்தில் கிடைத்த ஃபிளாக் என்றால், ஒலியின் அதிர்வெண்களைப் படமாகக் காட்டும் ஸ்பெக் மென்பொருளில் திறந்து பாருங்கள். படத்தில் ஒலி 16 கிலோஹெர்ட்ஸ் அதிர்வெண்ணில் கத்தியால் வெட்டியதுபோல் நின்றால் அது பெரும்பாலும் 128 கேபிபிஎஸ் எம்பி3-இலிருந்து மாற்றியது. மேலே போகப்போக மெல்லத் தேய்ந்தால் கவலை வேண்டாம், பழைய டேப்புக்கு அது இயல்பு.