பூஸ்டரைக் கழற்றினால் அந்த எடை யார் காலில்?

கேள்வி: அண்ணாச்சி, என்னிடம் 2004-ஆம் ஆண்டு எஸ்டீம் கார் இருக்கிறது. தினமும் வேலைக்குப் போவது அதில்தான். வருடத்தில் ஓரிரு முறை கோயம்புத்தூர் பந்தயத் தடத்துக்கும் கொண்டுபோவேன். அதற்காகச் சென்ற ஆண்டு எஞ்சினில் வேறு கேம் ஷாஃப்ட் போட்டேன். அன்றிலிருந்து வண்ணாரப்பேட்டை நெரிசலில் ஊர்ந்து போகும்போது இரண்டு மூன்று முறை தொடர்ந்து மிதித்தால் பிரேக் பெடல் கல்லாகிவிடுகிறது. ஒர்க்‌ஷாப்பில், "பூஸ்டரையே கழற்றிவிடலாம், பந்தயக் காரில் ஏது பூஸ்டர், பானெட்டுக்குள் இடமும் கிடைக்கும்" என்கிறார்கள். 18,000 ரூபாய் ஆகுமாம். கொடுக்கலாமா?
- வாசகர், பாளையங்கோட்டை

பதில்: கொடுக்க வேண்டாம் தம்பி. உங்கள் கடிதத்திலேயே நோய் எது என்பது இருக்கிறது: "வேறு கேம் ஷாஃப்ட் போட்டேன்." எஞ்சின் வால்வுகளைத் திறந்து மூடும் தண்டு அது. நோய் எஞ்சினில் இருக்க, ஒர்க்‌ஷாப்காரர் பிரேக்குக்கு அறுவைச் சிகிச்சை செய்யப் பார்க்கிறார்.

பானெட்டைத் திறந்தால் ஓட்டுநர் பக்கம், தடுப்புச் சுவரை ஒட்டி, இரண்டு வாணலிகளை வாயோடு வாய் கவிழ்த்து ஒட்டியது போல ஒரு கருப்புத் தகரம் தெரியும். அதுதான் பூஸ்டர். உள்ளே நடுவில் ரப்பர் சவ்வு ஒன்று இருக்கிறது. அதன் முன்பக்கத்துக் காற்றை எஞ்சின் தன் மேனிஃபோல்டு (எஞ்சினுக்குள் காற்றுப் போகும் குழாய்) வழியாக உறிஞ்சி வைத்திருக்கும். நீங்கள் பெடலை மிதித்ததும் பின்பக்கத்தில் ஒரு வால்வு திறந்து வெளிக்காற்று உள்ளே பாயும். ஒரு பக்கம் காற்று, மறுபக்கம் வெற்றிடம் என்பதால் சவ்வு முன்னால் தள்ளப்பட்டு, பிரேக் ஆயிலைச் சக்கரங்களுக்குத் தள்ளும் மாஸ்டர் சிலிண்டரை உங்கள் காலோடு சேர்ந்து அழுத்துகிறது.

எவ்வளவு அழுத்துகிறது? 8 அங்குல பூஸ்டர் என்று வைத்துக்கொள்வோம். சவ்வின் பரப்பு சுமார் 320 சதுர சென்டிமீட்டர். இரு பக்க அழுத்த வித்தியாசம் சதுர சென்டிமீட்டருக்கு 0.6 கிலோ என்றால் ஏறக்குறைய 190 கிலோ. 25 கிலோ அரிசிச் சிப்பம் ஏழரையை ஒருவர் உங்களுக்காகத் தள்ளுகிறார் என்று பொருள்.

இப்போது அவரை வீட்டுக்கு அனுப்பிவிடுவோம். பெடலின் நெம்புகோல் விகிதம் பூஸ்டர் உள்ள காரில் பெரும்பாலும் 4-க்கு 1 என்ற அளவை ஒட்டி இருக்கும். 20 கிலோ விசையில் மிதித்தால், பெடல் தள்ளும் தண்டில் 80 கிலோ. பூஸ்டரின் 190-ஐயும் சேர்த்தால் 270. பூஸ்டர் இல்லாமல் அதே 270 கிலோவைக் கொண்டுவர, பெடலில் 67 கிலோ மிதிக்க வேண்டும். ஒரு ஆள் எடையை ஒற்றைக் காலில், அதுவும் திடீரென்று குறுக்கே வரும் ஆட்டோவுக்காக. உங்களால் முடியலாம். வண்டியை வீட்டில் வேறு யாரும் ஓட்டுவதில்லையா? அம்மாவோ தங்கையோ சாவியை எடுத்தால் என்ன ஆகும்?

முறையாகச் செய்கிறவர்கள் பூஸ்டரைக் கழற்றி ஓட்டையை மூடுவதோடு நிற்பதில்லை. பெடல் விகிதத்தை 6-க்கு 1 அளவுக்கு உயர்த்துவார்கள். மாஸ்டர் சிலிண்டரையும் சிறியதாக மாற்றுவார்கள். 7/8 அங்குலம் இருந்த இடத்தில் 3/4 அங்குலம். சிறிய பிஸ்டனில் அதே விசைக்கு அழுத்தம் கூடும் என்பதால், 67 கிலோ என்பது சுமார் 33 கிலோவாக இறங்கிவிடும். அடடா, தீர்ந்தது என்று நினைப்பீர்கள். ஆனால் விசையில் மிச்சம் பிடித்ததைத் தூரத்தில் கொடுத்தாக வேண்டும். சிலிண்டர் மாற்றத்தால் 1.36 மடங்கு, நெம்புகோலால் 1.5 மடங்கு, இரண்டையும் பெருக்கினால் பெடல் முன்பு போனதைப் போல இரண்டு மடங்கு தூரம் போகும். பிரேக் ஷூ கொஞ்சம் தேய்ந்திருந்தாலோ ஆயிலில் சிறிது காற்று இருந்தாலோ பெடல் தரையைத் தொட்டுவிடும்.

இன்னொரு நுணுக்கம். பூஸ்டர் இருந்த இடத்தில் மாஸ்டர் சிலிண்டரைப் பொருத்தத் தடிமனான பிளேட் வேண்டும். வெறும் தகரச் சுவர் அந்த மிதிக்கு வளையும். தள்ளும் தண்டு நேராக நிற்க வேண்டும். சாய்ந்தால் பிஸ்டன் ரப்பர் ஒரு பக்கமாகத் தேயும். தண்டுக்கும் பிஸ்டனுக்கும் நடுவே மயிரிழை இடைவெளி வேண்டும். அது இல்லாவிட்டால் ஆயில் திரும்பிப் போகும் துளை மூடிக்கொண்டு, ஓட ஓட பிரேக் தானாகப் பிடித்துச் சக்கரம் சூடேறும். உங்கள் ஒர்க்‌ஷாப்பில் ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்: "பெடல் விகிதத்தை எவ்வளவுக்கு மாற்றுவீர்கள்?" பதிலாகத் தலையைச் சொறிந்தால் 18,000 ரூபாய் உங்கள் பையிலேயே இருக்கட்டும்.

பந்தயக் காரை உதாரணம் காட்டியிருக்கிறார்கள். ஃபார்முலா 1 ஓட்டுநர் 100 கிலோவுக்கு மேல் மிதிக்கிறார் என்பது உண்மை. அவர் இருக்கையோடு பட்டையால் கட்டப்பட்டு, முதுகைச் சாய்த்து, அதற்கென்றே காலைப் பழக்கியவர். எதிரே டவுன் பஸ் வராது. நம் ஊர்ப் பெரியவர்கள் வேறு ஒன்று சொல்வார்கள்: "அந்தக் காலத்து அம்பாசடருக்கு ஏது பூஸ்டர்?" அதுவும் சரிதான். ஆனால் அவற்றில் முன் சக்கரத்திலும் டிரம் பிரேக். டிரம் சுழலும்போது முன்னோக்கிய ஷூவைத் தானே இழுத்து இன்னும் இறுக்கிக்கொள்ளும். பாதி வேலையைச் சக்கரமே செய்துவிடும். டிஸ்க் பிரேக்குக்கு அந்தக் குணம் கிடையாது. உங்கள் எஸ்டீமில் முன்னால் இருப்பது டிஸ்க்.

சரி, என்னதான் செய்வது? முதலில் வெற்றிடத்தை அளக்கும் வேக்குவம் கேஜ் ஒன்றை மேனிஃபோல்டில் மாட்டிப் பாருங்கள். நல்ல நிலையில் உள்ள சாதாரண பெட்ரோல் எஞ்சின் ஐட்லிங்கில் 18 முதல் 21 அங்குலம் (பாதரச அளவில்) காட்டும். பந்தயக் கேம் வால்வுகளை நெடுநேரம் திறந்து வைப்பதால் அது 10, 12-க்கு விழுந்துவிடும். பூஸ்டர் பட்டினி கிடக்கிறது, அவ்வளவுதான். அடுத்து, பூஸ்டருக்குப் போகும் ரப்பர் குழாயையும் அதிலுள்ள ஒருவழி வால்வையும் மாற்றுங்கள். 20 வயது வண்டியில் இந்த இரண்டும் முதல் சந்தேகத்துக்கு உரியவை, செலவும் சொற்பம்.

எனக்கே நடந்தது. வீரவநல்லூரிலிருந்து திரும்பும்போது பத்தமடைக்கு முன்னால் ஆட்டு மந்தை ஒன்று சாலையில் ஏறியது. மிதித்தேன், பெடல் இறங்கவில்லை. இரண்டு கால்களாலும் மிதித்து, கடைசி ஆட்டின் வாலுக்கு ஒரு முழம் தள்ளி நிறுத்தினேன். ஆட்டுக்காரர் சொன்னதை இங்கே எழுத முடியாது. ஓரமாக நிறுத்தி டார்ச் அடித்துப் பார்த்தால், குழாய் மேனிஃபோல்டில் மாட்டும் முனையில், கிளிப்புக்கு அடியில், நகக்கண் அளவு வெடிப்பு. விரலால் அழுத்தினால் "உஸ்" சத்தம் நின்றது. எடுத்தால் மறுபடி வந்தது. அதற்கு முந்தைய வாரம்தான் ஓர் ஒர்க்‌ஷாப்பில் பூஸ்டரே போய்விட்டது என்று புதிதுக்கு விலை சொல்லியிருந்தார்கள். ஒரு முழக் குழாயோடு தீர்ந்தது.

குழாய் நன்றாக இருந்து, கேம்தான் காரணம் என்று தெரிந்தால் இரண்டு வழிகள். பழைய கேம் ஷாஃப்டைத் திரும்பப் போடுவது ஒன்று. எனக்குப் பிடித்த வழி இதுதான். தினமும் வேலைக்குப் போகும் காருக்குப் பந்தயக் கேம் எதற்கு? மனம் வரவில்லை என்றால் மின்சார வேக்குவம் பம்ப் பொருத்தலாம். டீசல் கார்களில் எஞ்சின் வெற்றிடம் போதாது என்பதால் தனி பம்ப் வைப்பது வழக்கமே. புதிய யோசனை ஒன்றும் இல்லை. தனி ஃபியூஸ், ரிலே, அழுத்தம் பார்த்து இயங்கும் சுவிட்ச் மூன்றும் இருக்க வேண்டும்.

சட்டத்தையும் சொல்லிவிடுகிறேன். மோட்டார் வாகனச் சட்டத்தின் 52-வது பிரிவு, தயாரிப்பாளர் தந்த அமைப்பிலிருந்து வண்டியை மாற்றக் கட்டுப்பாடு விதிக்கிறது. 2019 ஜனவரியில் உச்ச நீதிமன்றமும் அதைக் கண்டிப்பாகவே பொருள் கொண்டது. அதே ஆண்டுத் திருத்தத்தில் வந்த 182ஏ பிரிவின்படி, அனுமதியில்லாத ஒவ்வொரு மாற்றத்துக்கும் உரிமையாளருக்கு 5,000 ரூபாய் அபராதம், அல்லது ஆறு மாதம் வரை சிறை, அல்லது இரண்டும். "ஆர்.சி. புத்தகத்தில் பூஸ்டர் என்று எழுதியிருக்கிறதா?" என்று ஒர்க்‌ஷாப்காரர் வாதாடுவார். விபத்து நடந்த மறுநாள் அந்த வாதத்தோடு அவர் வந்து நிற்க மாட்டார்.

கேள்வி: மகன் ஒரு பழைய காரைப் பார்த்து வைத்திருக்கிறான். "எல்லாம் மாடிஃபை செய்தது" என்று பெருமையாகச் சொல்லி, சந்தை விலையைவிடக் குறைவாகத் தருகிறார்கள். பிரேக்கில் ஏதோ கழற்றியிருப்பதாக வாய்தவறிச் சொன்னார்கள். வாங்குவதற்கு முன் நாங்களே பார்த்துத் தெரிந்துகொள்ள முடியுமா?
- வாசகி, அம்பாசமுத்திரம்

பதில்: முடியும் அம்மா, ஒரு நிமிடம் போதும். எஞ்சினை அணைத்த நிலையில் பிரேக்கை ஐந்தாறு முறை மிதியுங்கள், பெடல் இறுகும். இறுகிய பெடலில் காலை வைத்தபடியே எஞ்சினை ஸ்டார்ட் செய்யுங்கள். பூஸ்டர் இருந்து வேலை செய்தால், கால் தானாகக் கொஞ்சம் உள்ளே இறங்குவதை உணர்வீர்கள். அசையாமல் நின்றால் பூஸ்டர் செத்திருக்கிறது அல்லது இல்லவே இல்லை. அடுத்து, எஞ்சின் ஓடும்போது பெடலை மிதித்தபடியே அணைத்துவிட்டு அரை நிமிடம் காலை எடுக்காதீர்கள். பெடல் மேலே எழும்பித் தள்ளினால் எங்கோ காற்றுக் கசிகிறது.

பிறகு பானெட்டைத் திறந்து, மேலே சொன்ன கருப்பு வாணலியைத் தேடுங்கள். அந்த இடத்தில் வெல்டிங் தழும்போ புதுப் பெயின்டோ இருந்தால் விற்பவர் முகத்தைப் பாருங்கள். பூஸ்டர் இருந்து, அதற்கும் மாஸ்டர் சிலிண்டருக்கும் நடுவே ஈரம் படிந்து பெயின்ட் உரிந்திருந்தால், பிரேக் ஆயில் கசிகிறது. சில சமயம் அந்த ஆயிலை எஞ்சின் உறிஞ்சி வெள்ளைப் புகை விடும்.

விலை குறைவு என்பதில் மயங்க வேண்டாம். பூஸ்டர், மாஸ்டர் சிலிண்டர், பெடல் மூன்றையும் பழையபடி போடும் செலவை எழுத்தில் வாங்கி, அதை விலையில் கழித்துப் பேசுங்கள். மாற்றத்தைத் தெரிவிக்காமல் இன்சூரன்ஸ் எடுத்தால், விபத்துக்குப் பின் இழப்பீட்டை மறுக்க நிறுவனத்துக்கு நீங்களே வழி திறந்து வைக்கிறீர்கள். வண்டி 15 வயதைத் தாண்டியது என்றால் ஆர்.சி. புதுப்பிக்க ஆர்.டி.ஓ. அலுவலகத்தில் காட்டியாக வேண்டும் என்பதும் நினைவில் இருக்கட்டும்.

கேள்வி: அப்பாவின் காரைச் சர்வீசுக்கு விட்டேன். என்னைக் கேட்காமலே பூஸ்டரைக் கழற்றி, பழைய இரும்புக் கடையில் போட்டுவிட்டார்கள். "இதுதான் நல்லது" என்று சொல்லிப் பணமும் வாங்கினார்கள். வழக்குப் போடலாமா?
- வாசகர், நாங்குநேரி

பதில்: போடலாம். இது சேவைக் குறைபாடு. முதலில் பில்லும் அதில் வேலை விவரமும் இருக்கிறதா என்று பாருங்கள். பில் இல்லை என்றால் பணம் அனுப்பிய ரசீது, வாட்ஸ்அப் செய்தி எதுவானாலும் எடுத்து வையுங்கள். வேறொரு மெக்கானிக்கிடம் வண்டியைக் காட்டி, என்ன கழற்றப்பட்டிருக்கிறது என்று கையெழுத்தோடு எழுதி வாங்குங்கள், படமும் எடுங்கள். பிறகு பதிவுத் தபாலில் ஒர்க்‌ஷாப்புக்குக் கடிதம். பெரும்பாலும் இங்கேயே பேச்சுக்கு வந்துவிடுவார்கள்.

வராவிட்டால் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் புகார் சொல்லலாம். அல்லது நேராகத் திருநெல்வேலி மாவட்ட நுகர்வோர் ஆணையத்துக்குப் போகலாம். 2019-ஆம் ஆண்டுச் சட்டப்படி நீங்கள் குடியிருக்கும் மாவட்டத்திலேயே புகார் தரலாம். கொடுத்த தொகை 5 லட்சத்துக்குள் என்றால் கட்டணம் இல்லை. வக்கீல் வைப்பதும் கட்டாயம் இல்லை. இரண்டு ஆண்டுகளுக்குள் தாக்கல் செய்ய வேண்டும். ஒர்க்‌ஷாப்புக்கு இது பொருந்தும். தனிநபரிடம் பழைய கார் வாங்கி ஏமாந்தால் இந்த வாசல் எளிதில் திறக்காது. வியாபாரமாகப் பழைய கார் விற்பவர் என்றால் திறக்கும்.

அதுவரை அந்த வண்டியை அப்பா ஓட்ட வேண்டாம்.

கேள்வி: செங்கோட்டையிலிருந்து ஆரியங்காவு போய்த் திரும்பும்போது, புளியரை எஸ் வளைவு இறக்கத்தில் நண்பர் எஞ்சினை அணைத்துவிடுகிறார். பெட்ரோல் மிச்சமாம். இது சரியா?
- வாசகர், தென்காசி

பதில்: தப்பு. எஞ்சின் நின்றால் பூஸ்டரில் சேர்ந்திருக்கும் வெற்றிடம் இரண்டு மூன்று மிதிகளுக்குத்தான் வரும். எஸ் வளைவின் முதல் வளைவில் அதைச் செலவழித்துவிட்டால் இரண்டாம் வளைவில் பெடல் கல்லாக இருக்கும். பவர் ஸ்டியரிங்கும் கனத்துப் போகும். சாவியைக் கடைசி வரை திருப்பிவிட்டால் ஸ்டியரிங் பூட்டிக்கொள்ளவும் கூடும்.

மிச்சமும் கிடையாது என்பதுதான் வேடிக்கை. இப்போதைய இன்ஜெக்‌ஷன் கார்களில் கியரில் போட்டு, ஆக்ஸிலேட்டரிலிருந்து காலை எடுத்து இறங்கினால் எஞ்சினுக்குப் பெட்ரோல் போவதே நின்றுவிடும். இரண்டாம் கியரில் இறங்கச் சொல்லுங்கள். நண்பருடையது கார்புரேட்டர் வண்டி என்றால் பெட்ரோல் கொஞ்சம் செலவாகத்தான் செய்யும். புளியரை வந்ததும் டீக்கு நீங்கள் காசு கொடுத்துச் சரிக்கட்டிவிடுங்கள்.