வண்டி எங்கே போச்சு?

நவம்பர் பிறந்தால் இந்தப் பகுதிக்கு வரும் கடிதங்களில் பாதி பார்க்கிங் பற்றித்தான். அதிலும் ஊரிலிருந்து புதிதாக வந்தவர்களின் புலம்பல் அதிகம். இந்த முறை அவற்றை மட்டும் எடுத்துக்கொள்கிறேன், சமையல் கேள்விகள் அடுத்த இதழில்.

கேள்வி: சென்னையிலிருந்து மினியாபொலிஸ் வந்து இது எங்கள் முதல் குளிர்காலம். 'ஸ்னோ எமர்ஜென்சி' வந்தால் மூன்று நாளும் மூன்று விதமாக வண்டியை மாற்றி மாற்றி நிறுத்தணுமாம். ஒற்றைப்படை, இரட்டைப்படை என்றெல்லாம் சொல்கிறார்கள், கேட்டாலே தலை சுற்றுகிறது. புரிகிற மாதிரி சொல்வீர்களா?

பதில்: பனியை வாருவதற்காகத் தெருவைக் காலி செய்யச் சொல்லும் அறிவிப்புதான் இந்த ஸ்னோ எமர்ஜென்சி. பனி பெய்தாலே எமர்ஜென்சி என்று அர்த்தமில்லை, நகராட்சி அறிவித்தால்தான். பெரும்பாலும் மாலை 6 மணிக்குள் அறிவிப்பு வந்துவிடும், அன்றிரவு 9 மணிக்கே விதி ஆரம்பம். அதனால் நகராட்சியின் குறுஞ்செய்தி சேவையில் இன்றைக்கே பதிவு செய்துவிடுங்கள், ஆபீஸ் வாட்ஸ்அப் குழுவை நம்பாதீர்கள், அங்கே யாராவது போன வருடத்துப் படத்தை ஃபார்வர்டு பண்ணுவார்கள்.

முதல் இரவு 9 முதல் மறுநாள் காலை 8 வரை, 'ஸ்னோ எமர்ஜென்சி ரூட்' என்று குறித்த தெருக்களில் இரண்டு பக்கமும் நிறுத்தக்கூடாது. அந்தத் தெருக்களை அடையாளம் கண்டுபிடிப்பது சுலபம்: சிவப்பு போர்டு இருக்கும், தெருப்பெயர்ப் பலகையே நீல நிறத்தில் இருக்கும். இரண்டாம் நாள் காலை 8 முதல் இரவு 8 வரை, ரூட் அல்லாத மற்ற தெருக்களில் இரட்டைப்படை வீட்டு எண் பக்கம் காலியாக இருக்கணும், ஏரியை ஒட்டிப் போகிற பார்க்வே சாலைகளில் இரண்டு பக்கமும் கூடாது. மூன்றாம் நாள் அதே நேரத்தில் ஒற்றைப்படைப் பக்கம். அவ்வளவுதான், பல்லாங்குழியை விடச் சுலபம்.

ஆனால் மாட்டுகிறவர்கள் மாட்டுவது வேறு இடங்களில். ஒன்று, மூலை வீடு. உங்கள் வீட்டு எண் இரட்டைப்படை என்பதால் வீட்டைச் சுற்றி எல்லாமே இரட்டைப்படை ஆகிவிடாது, நிறுத்தியிருக்கிற தெருவில் அந்தப் பக்கத்து வீடுகளுக்கு என்ன எண் என்று பார்க்கணும். இன்னொன்று, இரண்டாம் நாள் ராத்திரி. 8 மணிக்குத் தடை முடிந்தது என்று நிம்மதியாகப் படுத்துவிடுவார்கள், வண்டி ஒற்றைப்படைப் பக்கம் நிற்கும், காலை 8 மணிக்கு அந்தப் பக்கத்துக்குத் தடை ஆரம்பித்துவிடும். ராத்திரி சாப்பிட்டு முடித்த கையோடு போய் மாற்றிவிடுங்கள். காலையில் மைனஸ் 20-இல் ஸ்டார்ட் ஆகுமா என்று சோதிக்கிற வேலை வேண்டாம்.

அப்புறம் ஒரு சலுகை இருக்கிறது: உங்கள் பக்கத்தை ஓரம் வரைக்கும் முழுசாக வாரி முடித்துவிட்டால், மணி 8 ஆகாவிட்டாலும் நிறுத்தலாம். 'முழுசாக' என்பதுதான் முக்கியம். பனி வாருகிற ப்ளோ வண்டி நடுவில் ஒரு கோடு கிழித்துவிட்டுப் போனதைப் பார்த்து, சரி, முடிந்தது என்று நிறுத்தியவன் நான், வேறொரு ஊரில், பல வருடங்களுக்கு முன்னால். காபி டம்ளரோடு வெளியே வந்து பார்த்தால் வண்டி நின்ற இடத்தில் கறுப்பாக ஒரு நீள்சதுரம், காய்ந்த தார்ரோடு, நாலு பக்கமும் முழங்கால் உயரத்துக்குப் பனி. திருட்டுப் போய்விட்டது என்று போலீசுக்கு போன் போட்டேன். அந்தப் பக்கம் பேசிய அம்மா சிரிக்காமல் நம்பர் பிளேட்டை மட்டும் கேட்டார்.

கேள்வி: ப்ளோ வண்டிக்காரர்கள் நிற்கிற வண்டிகளைச் சுற்றி ஓட்டிக்கொண்டு போனால் என்ன? எதற்கு இவ்வளவு கெடுபிடி?

பதில்: ஒரே ஒரு வண்டி நின்றால் போதும், ப்ளோ அதைச் சுற்றி வளைந்து போகும், வண்டிக்கு முன்னாலும் பின்னாலும் பனி அப்படியே கிடக்கும். பகலில் கொஞ்சம் உருகி ராத்திரி உறைந்தால் அது பனி இல்லை, பாறை. அடுத்த பனிக்கு அந்தப் பாறைக்கு வெளியேதான் நிறுத்த முடியும், இப்படியே பிப்ரவரிக்குள் தெரு இரண்டு பக்கமும் சுருங்கிக்கொண்டே வரும். கார் எப்படியோ நுழைந்துவிடும், தீயணைப்பு வண்டி நுழையாது. மினியாபொலிஸிலேயே சில குளிர்காலங்களில் தெருக்கள் ரொம்பச் சுருங்கிப்போனால் எமர்ஜென்சி இல்லாத நாட்களிலும், ஏப்ரல் 1 வரைக்கும்கூட, இரட்டைப்படைப் பக்கம் நிறுத்தவே கூடாது என்று சொல்லிவிடுவார்கள்.

கேள்வி: சிகாகோவில் பனியே இல்லாத ராத்திரியிலும் வண்டியைத் தூக்கிக்கொண்டு போவார்கள் என்கிறான் என் அறை நண்பன். கதை விடுகிறானா?

பதில்: உண்மையைத்தான் சொல்கிறான். அங்கே 107 மைல் நீளத்துக்கு முக்கியச் சாலைகளில் டிசம்பர் 1 முதல் ஏப்ரல் 1 வரை, தினமும் அதிகாலை 3 முதல் 7 வரை நிறுத்தத் தடை. வானம் பளிச்சென்று இருந்தாலும் தடைதான். டோ செய்ய, அதாவது வண்டியை இழுத்துப் போக, குறைந்தது 150 டாலர், அபராதம் 60, அதற்கு மேல் வண்டி அவர்களிடம் நிற்கிற ஒவ்வொரு நாளுக்கும் 25. இது போக இன்னும் 500 மைல் சாலைகளில் 2 அங்குலமோ அதற்கு மேலோ பனி சேர்ந்தால் எந்த நேரத்திலும் தடை வரலாம். இரண்டு தடைக்கும் தனித்தனி போர்டு, நிறுத்துவதற்கு முன்னால் தலையைத் தூக்கிப் படியுங்கள்.

அந்த ஊர் இதில் கறாராக இருப்பதற்கு அரசியலும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன். 1979 ஜனவரியில் பெரும் பனிப்புயல், தெருக்களை வாரி முடிக்கவில்லை, அடுத்த மாதமே கட்சிக்குள் நடந்த தேர்தலில் மேயர் மைக்கேல் பிலாண்டிக், ஜேன் பர்னிடம் தோற்றார். பனியால் பதவி போன கதையை எந்த மேயர் மறப்பார்?

கேள்வி: பாஸ்டனில் இருக்கிறேன். இரண்டு மணி நேரம் பனியை வெட்டி எடுத்த பார்க்கிங் இடத்தில் பழைய நாற்காலியைப் போட்டுவிட்டு வேலைக்குப் போகலாமா? பக்கத்து வீட்டுக்காரர் போடுகிறார்.

பதில்: பஸ் ஜன்னல் வழியாகத் துண்டு போட்டு இடம் பிடித்தவர்கள் நாம், நம்மிடமா கேட்கிறீர்கள்! போடலாம். ஆனால் எமர்ஜென்சி முடிந்து 48 மணி நேரம் வரைதான், அதற்குப் பிறகு எடுத்துவிட வேண்டும். சவுத் எண்ட் பகுதியில் நாற்காலிக்கே அனுமதி இல்லை. வெட்டிய பனியைத் தெரு நடுவில் தள்ளாதீர்கள், அதற்கும் அபராதம் உண்டு. அடுத்தவர் நாற்காலியை நகர்த்தி நிறுத்துவது பற்றி நீங்கள் கேட்கவில்லை, இருந்தாலும் சொல்கிறேன்: வேண்டாம். சட்டம் என்ன சொன்னாலும் டயரில் காற்று உங்களுடையது.

கேள்வி: மொன்றியலில் பார்க் எக்ஸ்டென்ஷன் பகுதியில் இருக்கிறோம். இரவில் தெருவில் சைரன் மாதிரி ஏதோ கத்துது, அம்மா பயந்து எழும்பிவிடுகிறா. என்ன அது?

பதில்: அம்மாவிடம் சொல்லுங்கள், பயப்பட ஒன்றுமில்லை, டோ வண்டிதான். மொன்றியலில் பனியை ஓரத்தில் தள்ளிவிட்டு விடுவதில்லை, லாரியில் ஏற்றி ஊரை விட்டே எடுத்துப் போகிறார்கள், அதில் நிறைய சான் மிஷெல் பக்கம் இருக்கிற பழைய கல்குவாரிக்குப் போகும். அதற்கு முன்னால் பனிக்குவியலில் ஆரஞ்சு போர்டு நட்டு எத்தனை மணியிலிருந்து எத்தனை மணி வரை என்று போட்டிருப்பார்கள். அந்த நேரம் வந்ததும் சைரன் ஊதும்: இன்னும் வண்டியை எடுக்காதவர்கள் இப்போதாவது ஓடி வந்து எடுங்கள் என்று அர்த்தம். எடுக்காவிட்டால் அபராதத்தோடு அக்கம்பக்கத்துத் தெரு ஒன்றில் கொண்டுபோய் விட்டுவிடுவார்கள். நகராட்சி இணையதளத்தில் நம்பர் பிளேட்டைப் போட்டால் எந்தத் தெரு என்று காட்டும். உங்கள் வண்டி தெருவில் இல்லையென்றால் அம்மாவோடு சேர்ந்து நீங்களும் திரும்பிப் படுக்கலாம்.

கேள்வி: டிசம்பர் கடைசியில் ஆறு வாரம் மதுரைக்குப் போகிறோம். மினியாபொலிஸில் வண்டியை வீட்டு வாசல் தெருவிலேயே விட்டுப் போகலாமா?

பதில்: கூடவே கூடாது. எமர்ஜென்சி ஒரு பக்கம் இருக்கட்டும், சாதாரண நாளிலேயே ஒரே இடத்தில் 72 மணி நேரத்துக்கு மேல் தெருவில் நிறுத்தக்கூடாது. நீங்கள் மீனாட்சி கோயில் வரிசையில் நிற்கும்போது வண்டி டோ யார்டில் நிற்கும், வாடகை ஏறிக்கொண்டே இருக்கும். கராஜ் இருக்கிற நண்பர் யாராவது அகப்பட்டால் அங்கே விடுங்கள். அபார்ட்மென்ட் பார்க்கிங்கும் முழுப் பாதுகாப்பு இல்லை, பனி வாருகிற அன்றைக்கு எல்லா வண்டியையும் நகர்த்தச் சொல்லி நோட்டீஸ் ஒட்டுவார்கள், அதைப் படிக்க நீங்கள் இருக்க மாட்டீர்கள். அதனால் சாவியை ஒருவரிடம் கொடுத்துவிட்டு, வாரத்துக்கு ஒருமுறை ஸ்டார்ட் பண்ணி கொஞ்ச தூரம் ஓட்டச் சொல்லுங்கள். சாவி கொடுத்த ஆளும் அதே டிசம்பரில் ஊருக்குப் போகவில்லையே என்று ஒருமுறை கேட்டுக்கொள்ளுங்கள், நம் ஆட்களில் பாதிப் பேர் அதே விமானத்தில்தான் இருப்பார்கள். பனி அள்ளுகிற ஷவலை மட்டும் வீட்டுக்குள் வைத்துவிட்டுப் போங்கள், டிக்கியில் வேண்டாம். திரும்பி வரும்போது டிக்கி பனிக்கு அடியில் இருக்கலாம்.