நில அளவர் தந்தைக்கு விருது கேட்கலாமா?

கேள்வி: என் தந்தை நில அளவைத் துறையில் குறுவட்ட அளவராகத் தொடங்கி, முப்பது ஆண்டுகளுக்கு மேல் பணியாற்றி, இப்போது ஆய்வாளராக இருக்கிறார். அடுத்த ஆண்டு ஓய்வு பெறுகிறார். குடியரசு நாளிலும் சுதந்திர நாளிலும் மாவட்ட ஆட்சியர் வழங்கும் நற்சான்றிதழ் அவருக்கு ஒருமுறைகூடக் கிடைத்ததில்லை. அவரிடம் வேலை கற்றவர்கள் வாங்கிவிட்டார்கள். பல ஆண்டுகளுக்கு முன், ஓர் எல்லைத் தகராறில் செல்வாக்குள்ள ஒருவர் கேட்டபடி கல் நட மறுத்தார். அதையொட்டி, ஒழுங்கு நடவடிக்கை விதி 17(ஆ)-வின் கீழ் குற்றச்சாட்டுக் குறிப்பாணை வந்தது, பிறகு கைவிடப்பட்டது. அதுதான் காரணமோ என்று வீட்டில் பேசிக்கொள்கிறோம். பத்மஸ்ரீ விருதுக்கு அவர் பெயரை நாங்கள் அனுப்பலாமா? சட்டமன்ற உறுப்பினர் வழியாக ஆட்சியரிடம் சொல்லச் சொல்லலாமா? பட்டா பெற்ற ஊர்க்காரர்கள் சேர்ந்து மோதிரம் போட்டு விழா எடுக்கலாம் என்கிறான் என் தம்பி. இவை எதுவும் அப்பாவுக்குத் தெரியாது.
– பெயர் வெளியிட விரும்பாத வாசகி, விழுப்புரம் மாவட்டம்

பதில்: அன்புள்ள சகோதரிக்கு, நீங்கள் கேட்ட மூன்றில் இரண்டுக்கு உடனே பதில் சொல்லிவிடலாம், இரண்டுமே வேண்டாம்.

சட்டமன்ற உறுப்பினரிடம் போகாதீர்கள். பணி தொடர்பான நலனுக்காக வெளியார் செல்வாக்கை நாடக் கூடாது என்பது அரசு ஊழியர் நடத்தை விதிகளில் உள்ளது. குடும்பத்தினர்தான் போனார்கள், தனக்குத் தெரியாது என்று உங்கள் தந்தை பின்னால் விளக்கம் எழுதிக்கொண்டிருக்கும் நிலை வரக் கூடாது. செல்வாக்குக்கு வளையாமல் குறிப்பாணை வாங்கிய மனிதருக்கு, செல்வாக்கின் வழியே ஒரு சான்றிதழ் வாங்கித் தருவது அவரை எவ்வளவு புண்படுத்தும் என்பதையும் எண்ணிப் பாருங்கள். மோதிரம் அதைவிட மோசம். பட்டா மாறுதலுக்கும் உட்பிரிவுக்கும் மனுக் கொடுத்தவர்களிடமிருந்து, பணியில் இருக்கும் நில அளவை ஆய்வாளர் தங்கம் வாங்கிக்கொண்டார் என்ற செய்தி, எவ்வளவு நல்ல எண்ணத்தில் நடந்திருந்தாலும், வேறு விதமாகவே படிக்கப்படும். ஓய்வு பெறும் நாளில் சக ஊழியர்கள் நடத்தும் எளிய வழியனுப்பு விழாவுக்குத் தடையில்லை. அதற்கு மேல் எதுவும் வேண்டாம் என்று தம்பியிடம் அழுத்தமாகச் சொல்லிவிடுங்கள்.

பத்மஸ்ரீயைப் பொறுத்தவரை, இன்றைய நிலையில் அந்தக் கேள்வியே எழவில்லை. மருத்துவர்களும் அறிவியலாளர்களும் நீங்கலாக, பணியில் இருக்கும் அரசு ஊழியர்கள் பத்ம விருதுகளுக்குத் தகுதியுடையவர்கள் அல்லர். ஓய்வு பெற்ற பின் யார் வேண்டுமானாலும் அவர் பெயரைப் பரிந்துரைக்கலாம். அவரே தம் பெயரை அனுப்பிக்கொள்ளவும் வழி உண்டு. விண்ணப்பம் இணையவழியில்தான், அவருடைய சாதனையை எண்ணூறு சொற்களுக்குள் எழுதித் தர வேண்டும். ஆனால் அந்த எண்ணூறு சொற்களில் நீங்கள் எதை எழுதுவீர்கள் என்று யோசித்துப் பாருங்கள். தமக்கு இட்ட பணியை ஒழுங்காகச் செய்தார் என்பது மட்டும் அங்கே போதாது. தனிச்சிறப்பான பங்களிப்பு ஏதேனும் கேட்பார்கள். கிடைத்தாலும் அதைப் பெயருக்கு முன்னோ பின்னோ பட்டம்போலப் போட்டுக்கொள்ளக் கூடாது என்று 1995-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. வெள்ளைக்காரர் காலத்தில் ராவ் சாகிப், ராவ் பகதூர் என்று வருவாய்த்துறை அலுவலர்கள் பெயரோடு சேர்த்துக்கொண்ட வழக்கத்துக்கு அரசியலமைப்பின் 18-ஆவது பிரிவு முற்றுப்புள்ளி வைத்தது. அது நல்லதற்கே என்பது என் கருத்து.

இனி நற்சான்றிதழ். உங்கள் மனக்குறை உண்மையில் அதைப் பற்றியதுதான் என்று தோன்றுகிறது. ஆட்சியர் ஒவ்வொரு ஊழியரையும் தேடிப் பார்த்துத் தேர்ந்தெடுப்பதில்லை. துறை அலுவலர்கள் அனுப்பும் பெயர்ப் பட்டியலிலிருந்துதான் சான்றிதழ்கள் தயாராகின்றன. தேர்தல் பணி, வெள்ள நிவாரணம், சிறப்பு முகாம் என்று கண்ணுக்குத் தெரியும் வேலையில் இருந்தவர்களின் பெயர்கள் அதில் எளிதாக ஏறிவிடும். நில அளவரின் வேலையோ, சரியாகச் செய்யப்பட்டால் பிறகு யாருமே அதைப் பற்றிப் பேசாத வேலை. தகராறு வந்தால்தான் அவர் பெயர் வெளியே வரும். அதுவும் புகார் மனுவில்.

அந்த வேலையை ஒருமுறை பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறீர்களா? காணாமற்போன எல்லைக் கல் ஒன்றை நிலைநாட்ட வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். கையில் புலப்படம், அதாவது அந்த நிலத்தின் எல்லைகளும் அளவுகளும் குறித்த அரசு வரைபடம். முதலில் ஐயத்துக்கு இடமில்லாத இரண்டு மூன்று பழைய கற்களை, முடிந்தால் மூன்று கிராமங்களோ மூன்று புலங்களோ கூடும் முச்சந்திக் கல்லை, கண்டுபிடிக்க வேண்டும். அவற்றுக்கு இடையிலான தூரத்தை அளந்து, படத்தில் உள்ள அளவோடு ஒத்துப்போகிறதா என்று பார்த்த பிறகுதான், ஜி லைன் என்னும் அளவுக் கோட்டைப் பிடித்து, அதிலிருந்து செங்குத்தாக ஆப்செட் தூரம் அளந்து, கல் இருந்திருக்க வேண்டிய இடத்துக்கு வர முடியும். இந்தப் பக்கத்து நிலக்காரரும் அந்தப் பக்கத்து நிலக்காரரும் டேப்பின் ஒவ்வோர் அசைவையும் பார்த்துக்கொண்டிருப்பார்கள். அங்கே கடப்பாரை போட்டுத் தோண்டும்போது, முக்கால் அடி மண்ணுக்குக் கீழே பழைய கல்லின் தலை தட்டுப்பட்டால், அன்றைக்கு அதற்கு மேல் வாதம் இல்லை. கல் இல்லை, கணக்கு மட்டுமே இருக்கிறது என்றால், ஓர் ஏரின் (நூறு சதுர மீட்டரின்) பின்னத்துக்காக இரண்டு குடும்பங்கள் பரம்பரைப் பகையாளிகள் ஆவதும் ஆகாததும் அந்தப் பிற்பகலில் அவர் எந்தப் பக்கமும் சாயாமல் நிற்பதில் இருக்கிறது. உங்கள் தந்தை கல் நட மறுத்தது இப்படிப்பட்ட ஒரு பிற்பகலில்தான் இருக்கும். செயற்கைக்கோள் வழியே இடத்தைத் துல்லியமாகக் காட்டும் டி.ஜி.பி.எஸ். கருவி வந்த பிறகு அளப்பது விரைவாகிவிட்டது. ஆனால் எந்தப் பழைய கல்லை நம்புவது என்ற முடிவைக் கருவி எடுப்பதில்லை.

இந்தத் தொழிலுக்கும் பாராட்டுக்கும் உள்ள கணக்கு எப்போதுமே கோணல்தான். இராசராச சோழன் காலத்து நில அளவையை நடத்திய அதிகாரிக்கு உலகளந்தான் என்ற பெயர் கல்வெட்டில் இடம்பெற்றது. கோல் பிடித்து வயல் வயலாக நடந்தவர்களை நமக்குத் தெரியாது. 1802 ஏப்ரலில் பரங்கிமலைக்கு அருகே கணக்குக்கு அடிப்படையான அடிக்கோட்டை அளந்து, இந்தியாவை முக்கோணங்களாகப் பிரித்து அளந்த மாபெரும் முக்கோண அளவையைத் தொடங்கிய ஆங்கிலேய அதிகாரி லாம்டன், 1823-இல் ஹிங்கன்காட்டில் பணியின் நடுவிலேயே இறந்தார். அவருக்கு ‘சர்’ பட்டம் இல்லை. அவருக்குப் பின் வந்த எவரெஸ்ட்டுக்கு, ஓய்வு பெற்றுப் பல ஆண்டுகள் கழித்து, 1861-இல் அது கிடைத்தது; 1865-இல் உலகின் உயர்ந்த சிகரத்துக்கும் அவர் பெயரே சூட்டப்பட்டது. அந்தச் சிகரத்தின் உயரக் கணக்கில் முதன்மைப் பங்கு ஆற்றியவராகப் பரவலாகக் கருதப்படும் இராதாநாத் சிக்தர், 1831-இல் மாதம் முப்பது ரூபாய்ச் சம்பளத்தில், அளவைக் கணக்குகளைப் போடும் கணிப்பாளராகச் சேர்ந்தவர்.

சிக்தரைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் அவருடைய பணிவாழ்க்கையிலும் ஒரு ‘17(ஆ)’ இருக்கிறது. 1843-இல், நில அளவைத் துறையின் கூலியாட்களைக் கூலியின்றித் தம் சுமையைத் தூக்கவைத்த ஓர் ஆங்கிலேய மாஜிஸ்திரேட்டை அவர் எதிர்த்தார். வழக்கில் தண்டிக்கப்பட்டவர் சிக்தர்தான்; இருநூறு ரூபாய் அபராதம். 1851-இல் வெளிவந்த நில அளவைக் கையேட்டில் அவருடைய பங்களிப்புக்கு நன்றி தெரிவிக்கப்பட்டிருந்தது. அவர் 1870-இல் இறந்தார். 1875-இல் வந்த பதிப்பில் அந்த நன்றியுரை நீக்கப்பட்டிருந்தது. அந்த நீக்கத்தைக் கண்டித்தவர்கள் ஆங்கிலேய நில அளவையாளர்களிடையே இருந்தார்கள் என்பதையும் சொல்ல வேண்டும். வேலையின் அருமை தெரிந்தவர்கள் கணக்கை நேர்செய்ய முயன்றார்கள். இந்திய அஞ்சல்துறை அவர் உருவத்தை அஞ்சல்தலையில் வெளியிட்டது 2004-இல்.

இதனால், உங்கள் தந்தை சான்றிதழை மறந்துவிட வேண்டும் என்று நான் சொல்ல வரவில்லை. காகிதம்தான் என்றாலும் அதற்கு மதிப்பு உண்டு. கிடைக்காதது வலிக்கவும் செய்யும். ஆனால் அதைவிட முக்கியமான ஒரு காகிதம் இருக்கிறது, உங்கள் கடிதத்தில் அதைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. குறிப்பாணை கைவிடப்பட்டது என்கிறீர்கள். கைவிட்ட இறுதி ஆணையின் நகல் உங்கள் தந்தையிடம் இருக்கிறதா? அந்த ஆணை அவருடைய பணிப்பதிவேட்டில் பதியப்பட்டிருக்கிறதா? வாய்மொழியாக ‘முடிந்துவிட்டது’ என்று சொல்லப்பட்டு, பதிவேட்டில் குறிப்பாணை மட்டும் நிற்கும் நிலை அரசு அலுவலகங்களில் நடக்காத ஒன்றல்ல. அப்படி இருந்தால், சான்றிதழ்ப் பட்டியலில் பெயர் தவறியதற்கு அது காரணமாக இருந்திருக்கக் கூடும் என்பது ஒருபுறம். ஓய்வூதியக் கருத்துரு மாநிலக் கணக்காயருக்குப் போகும் நேரத்தில் அது பெரிய இடையூறாக நிற்கும் என்பது மறுபுறம். அவர் பழைய ஓய்வூதியத் திட்டத்தில் இருப்பவர் என்று கருதுகிறேன். முப்பது ஆண்டுகளுக்கு முன் சேர்ந்தவர் என்றால் அப்படித்தான் இருக்க வேண்டும். ஓய்வுக்கு ஓராண்டு இருக்கும்போதே பதிவேட்டைப் பார்த்துக் குறைகளை எழுத்து மூலம் கேட்டு நேர்செய்துகொள்வது, ஓய்வுக்குப் பின் அலுவலகப் படியேறுவதைவிட எவ்வளவோ மேல்.

இதற்கு நீங்கள் அவரிடம் பேசியாக வேண்டும். ‘எதுவும் அப்பாவுக்குத் தெரியாது’ என்று எழுதியிருக்கிறீர்கள். உங்கள் கடிதத்தில் எனக்கு உறுத்திய வரி அதுதான். சான்றிதழ் அவருக்கு வேண்டுமா என்று யாராவது அவரைக் கேட்டீர்களா? வேண்டும் என்றால், அவரே தம் உதவி இயக்குநரிடம் நேரில் போய், ‘ஐயா, இதுவரை என் பெயர் போனதில்லை, இந்த முறை பரிசீலியுங்கள்’ என்று சொல்லலாம். மேலதிகாரியிடம் முறையாகக் கேட்பதில் இழிவு ஒன்றும் இல்லை, விதிமீறலும் இல்லை. பலர் பெயர் விடுபடுவது பகையால் அன்று, யாரும் நினைவூட்டாததால்தான். வேண்டாம் என்று அவர் சொன்னால், அதோடு விட்டுவிடுங்கள்.

குடும்பமாக நீங்கள் செய்யக்கூடிய வேலை ஒன்று உண்டு. விழாவுக்குச் செலவிட நினைத்த பணமும் அதற்குத் தேவைப்படாது. 1980களில் நில உடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டத்தின்போது ஏற்பட்ட பெயர்ப் பிழைகள், உட்பிரிவுக் குழப்பங்கள், எந்தக் கிராமத்தில் எந்த முச்சந்திக் கல் இடம் மாறியது, எந்த ஓடையின் போக்கு படத்தோடு ஒத்துவராது என்பவையெல்லாம் அவர் தலைக்குள்தான் இருக்கும். இளைய அளவர்களுக்கு அவை எந்தப் பதிவேட்டிலும் கிடைக்காது. ஞாயிற்றுக்கிழமைகளில் அவரை உட்காரவைத்துச் சொல்லச் சொல்லி எழுதிக்கொள்ளுங்கள். தனி மனிதர்களின் நில விவரங்களையும் அலுவலகக் கோப்புகளையும் அதில் சேர்க்காதீர்கள். அவை அவருக்குச் சொந்தமானவை அல்ல. அளக்கும் முறை, ஏமாற்றும் நிலப்பரப்பு, இரு தரப்பையும் அமைதிப்படுத்திய விதம் ஆகியவை போதும். அவரிடம் வேலை கற்று, அவருக்கு முன்பே சான்றிதழ் வாங்கியவர்களையும் அழையுங்கள். அவர்கள் வருவார்கள் என்றே நினைக்கிறேன். வந்து அவர் சொல்வதில் விட்டுப்போனதை எடுத்துக் கொடுப்பார்கள்.

முதலில் அந்த இறுதி ஆணையின் நகல். அது கையில் இல்லையென்றால், இந்த வாரமே அவர் அலுவலகத்துக்கு ஒரு கடிதம் கொடுத்து ஒப்புகை வாங்கட்டும்.