ரசனை என்ற சாக்கு

அன்புள்ள ஐயா,

சான்ஃபிரான்சிஸ்கோவில் ஒரு நிர்வாண நடன அரங்கில் வேலை பார்த்த பெண்கள் சங்கம் அமைத்ததைப் பற்றிப் போகிற போக்கில் ஒரு வரி எழுதியிருந்தீர்கள். ஆபாசப்படத் துறையிலும் இப்போது பன்முகத்தன்மை, சமவாய்ப்பு, எல்லோரையும் உள்ளே கொண்டுவருவது என்றெல்லாம் பேசுகிறார்கள் என்றும் அதில் இருந்தது. படித்ததிலிருந்து எனக்கு எரிச்சல்தான். நான் சென்னையில் ஒரு ஐடி நிறுவனத்தில் மனிதவளப் பிரிவில் இருக்கிறேன். இதே சொற்களை வைத்துப் பயிற்சி வகுப்பு நடத்துவது என் வேலை. பெண்ணுடலை விற்கிற ஒரு தொழிலில், கறுப்பினப் பெண்ணையும் வெள்ளையினப் பெண்ணையும் சரிசமமாக விற்றால் அதற்குப் பெயர் நீதியா? தவிர, யாருக்கு யாரைப் பார்க்கப் பிடிக்கிறது என்பது அவரவர் ரசனை. அதில் போய்ச் சமத்துவம் கேட்க முடியுமா? அப்புறம் ஒன்று, அந்த அரங்கின் கதையை என் வகுப்பில் உதாரணமாகச் சொல்லலாமா?

என் பெயர் வேண்டாம், ப்ளீஸ்.

வாசகி, சென்னை

அன்புள்ள வாசகிக்கு,

அந்தத் தொழில் உலகத்தில் இருக்க வேண்டுமா என்ற கேள்வியில் உங்களோடு நான் வாதாடப் போவதில்லை. ஆனால் அது இருக்கிறது. சம்பளம் கொடுத்து நடிகர்களை வைத்து இப்படிப் படமெடுப்பது விபச்சாரத் தரகு ஆகாது என்று 1988இல் கலிஃபோர்னியா உச்ச நீதிமன்றம் ஃப்ரீமன் வழக்கில் தீர்ப்புச் சொன்ன பிறகு, லாஸ் ஏஞ்சலஸை ஒட்டிய சான் ஃபெர்னாண்டோ பள்ளத்தாக்கில் அது ஒரு தொழிலாகவே வேரூன்றிவிட்டது. ஏஜெண்ட் உண்டு, கால்ஷீட் உண்டு, இரண்டு வாரத்துக்கு ஒருமுறை மருத்துவப் பரிசோதனை உண்டு, ஒரு காட்சிக்கு இவ்வளவு என்று கூலி உண்டு. படம் எத்தனை வருடம் ஓடினாலும் நடித்தவருக்கு அந்த ஒருநாள் கூலியோடு கணக்கு முடிந்தது.

அங்கே கறுப்பினப் பெண்ணுக்குக் கிடைப்பது வெள்ளையினப் பெண்ணின் கூலியில் பாதி, மிஞ்சிப்போனால் முக்கால். கலிஃபோர்னியாவில் பேராசிரியராக இருக்கும் மிரெய்ல் மில்லர்-யங் பல வருடம் அந்தப் பெண்களிடம் உட்கார்ந்து பேசிப் பதிவு செய்தது இது, 2014இல் புத்தகமாகவும் வந்தது. சரி, அந்த மீதி எங்கே போகிறது? தொழில் கேவலமானது, அதனால் இவளுக்குக் குறைவாகக் கொடுப்போம் என்றால் மிச்சமாகும் பணம் ஒழுக்கத்தின் கணக்கில் போய்ச் சேர்வதில்லை, முதலாளியின் கணக்கில் சேர்கிறது. நீங்களும் நானும் முகத்தைச் சுளித்துக்கொண்டு திரும்பிக்கொள்வதில் லாபம் பார்க்கிற ஒரே ஆள் அவர்தான். இந்தப் பெண் போய்ப் புகார் சொன்னால் ‘இந்த வேலைக்கு வந்துவிட்டு நியாயம் வேறு கேட்கிறாயா’ என்றுதான் எல்லோரும் சொல்வார்கள் என்பது அவருக்கு நன்றாகத் தெரியும். அதனால்தான் வேறெந்தத் துறையிலும் வாய்விட்டுச் சொல்லப் பயப்படுகிற விஷயங்களை இந்தத் துறையில் விலைப்பட்டியலாகவே போட முடிந்தது.

விலைப்பட்டியல் என்று பேச்சுக்குச் சொல்லவில்லை. வெள்ளையின நடிகை கறுப்பின ஆணோடு நடிப்பதற்கு அங்கே நெடுங்காலம் தனிப் பேரம் நடந்தது. ஆரம்பத்திலேயே அப்படி நடித்தால் மார்க்கெட் போய்விடும், தள்ளிப்போடு என்று ஏஜெண்டே சொல்லிக்கொடுப்பார். பிறகு ஒருநாள், ‘முதல்முறையாக’ என்று விளம்பரம் செய்து, வழக்கமான கூலியைவிட அதிகமாக வாங்கிக்கொண்டு, அந்தக் காட்சி எடுக்கப்படும். கூடுதல் பணம் அந்தப் பெண்ணுக்கு, ஏஜெண்டுக்கு, தயாரிப்பாளருக்கு. கூட நடித்த கறுப்பின ஆணுக்கு அதில் பங்கு கிடையாது, அவர் தோல் நிறம்தான் அங்கே அந்தப் பெண் பட்ட ‘கஷ்டமாக’ விற்கப்படுகிறது. லெக்சிங்டன் ஸ்டீல் என்ற நடிகர், பங்குச்சந்தை வேலையை விட்டுவிட்டு இங்கே வந்தவர், துறையின் பெரிய விருதான ஏவிஎன் விருதைச் சிறந்த நடிகருக்காக மூன்று முறை வாங்கியவர். அவ்வளவு உயரத்துக்குப் போனவரும் துறையின் நிறவெறியைப் பற்றி வெளிப்படையாகப் பேசவேண்டித்தான் இருந்தது. அவர் 2003இல் சொந்தத் தயாரிப்பு நிறுவனம் தொடங்கினார்.

இப்போது உங்கள் ரசனைக் கேள்விக்கு வருகிறேன், உங்கள் கடிதத்தில் எனக்கு முக்கியமாகப் பட்டது அதுதான். ஒரு நடிகை இன்னாரோடு நடிக்க மாட்டேன் என்று சொல்லலாம், காரணமும் சொல்லத் தேவையில்லை. அங்கே அதற்கு ‘நோ லிஸ்ட்’ என்று பெயர். அது அவர் உடம்பு, அந்த உரிமையில் கைவைக்கிற எந்தச் சமத்துவமும் எனக்கு வேண்டாம். ஆனால் ஒரு மனிதரைப் பிடிக்கவில்லை என்பதும், ஒரு இனத்துக்கே இவ்வளவு என்று ஏஜெண்ட் அலுவலகத்தில் ரேட் வைப்பதும் ஒன்றல்ல. முன்னது அந்தப் பெண்ணின் சம்மதம் சம்பந்தப்பட்டது. பின்னது வியாபாரிகள் கூடி வைத்த விலை, அதைக் கேள்வி கேட்டால் முன்னதைக் கொண்டுவந்து முன்னால் நிறுத்துவார்கள். பார்க்கிறவரின் ரசனையும் வானத்திலிருந்து விழுந்ததில்லை. அந்தத் தளங்களில் கறுப்பினம் ஒரு பிரிவு, ஆசியா ஒரு பிரிவு, ‘இந்தியன்’ என்றும் ஒரு பிரிவு உண்டு. வெள்ளையினத்தவருக்குப் பெரும்பாலும் பிரிவே கிடையாது, அவர்கள்தான் முகப்புப் பக்கம். இப்படி அடுக்கிவைத்துவிட்டு, மக்கள் இதைத்தான் கேட்கிறார்கள் என்றால் எப்படி?

அரங்கின் கதையை அன்று ஒரு வரியில் முடித்துவிட்டேன், இங்கே முழுதாகவே சொல்லிவிடுகிறேன். சான்ஃபிரான்சிஸ்கோவின் கியர்னி தெருவில் இருந்த லஸ்டி லேடி. நடுவில் கண்ணாடிகள் பதித்த ஒரு சின்ன மேடை, சுற்றிலும் சின்னச் சின்ன அறைகள். காசு போட்டால் அறையின் ஜன்னல் மறைப்பு கொஞ்ச நேரம் விலகும், காசு தீர்ந்தால் மூடிக்கொள்ளும். மேடையில் ஒரே நேரத்தில் பல பெண்கள், மணிக்கு இவ்வளவு என்று கூலி. அதோடு தனியாக ஒரு அறை இருந்தது. அதில் ஒரு பெண் மட்டும், கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஒரு வாடிக்கையாளர், பணம் பலமடங்கு. ஷிஃப்ட் போடுகிறவர்கள் கறுப்பினப் பெண்களை அந்த அறைக்கு ஏறக்குறைய அனுப்புவதே இல்லை. ஷவான் புரூக்ஸ் என்ற கறுப்பின நடனப் பெண் போய்க் கேட்டார். கிடைத்த பதில் வருமானக் கணக்கு. வெள்ளைக்கார வாடிக்கையாளர்கள் கறுப்பினப் பெண்ணுக்காக அவ்வளவு செலவழிக்க மாட்டார்கள் என்றார்கள். அந்த அறையில் உட்காரவே வைக்காமல், அங்கே அவளுக்கு வருமானம் வராது என்று எந்தக் கணக்குப்பிள்ளை கணக்குப் போட்டார் என்று எனக்கு இன்றுவரை புரியவில்லை. புரூக்ஸ் வேலையில் பாகுபாடு பற்றிய புகார்களை விசாரிக்கும் மாநிலத் துறையில் புகார் கொடுத்தார்.

சங்கம் வந்ததற்கு உடனடிக் காரணம் வேறு. சில அறைகளில் ஒருபக்கக் கண்ணாடி இருந்தது, உள்ளே இருப்பவர் யாரென்று மேடையிலிருந்து தெரியாது, அந்த மறைவில் சிலர் கேமராவில் படம்பிடித்தார்கள். அந்தக் கண்ணாடியை எடுங்கள் என்று கேட்டார்கள், நிர்வாகம் அசையவில்லை. 1996இல் வாக்கெடுப்பு நடத்திச் சங்கம் அமைத்தார்கள், 1997இல் முதல் ஒப்பந்தம். கண்ணாடி போனது, நினைத்தபோது வேலையை விட்டுத் தூக்குவது நின்றது, நிறத்தைப் பற்றிய குறையைக் கொண்டுபோய்ச் சொல்ல ஒரு இடம் கிடைத்தது. 2003இல் முதலாளிகள் கைவிட்டபோது தொழிலாளர்களே வாங்கிக் கூட்டுறவாக நடத்தினார்கள், வாடகைத் தகராறில் 2013இல் மூடும்வரை. புரூக்ஸ் பிறகு சமூகவியல் படித்துப் பேராசிரியரானார், நடன விடுதிகளில் நிறத்துக்கு என்ன விலை என்பதைப் பற்றியே 2010இல் நூல் எழுதினார். இதில் இன்னொன்றையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். கூட்டுறவாக ஆன பிறகு, பருமனான பெண்களைச் சேர்த்ததால் வசூல் குறைகிறது என்று உள்ளேயிருந்தே ஒருவர் கிளப்பிப் பெரிய சச்சரவு ஆயிற்று. முதலாளி போனாலும் அவர் கணக்கு போவதற்கு நாளாகிறது.

லஸ்டி லேடி பெண்களுக்கு ஒரு வசதி இருந்தது, அவர்கள் மணிக்கூலி வாங்கும் ஊழியர்கள். அமெரிக்காவின் பெரும்பாலான ஸ்ட்ரிப் கிளப்களில் அது கிடையாது. அங்கே நடனப் பெண் ‘சுதந்திர ஒப்பந்ததாரர்’. சம்பளமே இல்லை, அன்று ஆடுவதற்கு விடுதிக்கு இவள்தான் ‘ஹவுஸ் ஃபீ’ கட்ட வேண்டும், டிப்ஸில் டிஜேவுக்கும் வாசல் காவலருக்கும் பங்கு வைக்க வேண்டும், மிச்சம் இருந்தால் அவளுக்கு. ஊழியர் இல்லை என்று ஆகிவிட்டால் 1964 சிவில் உரிமைச் சட்டத்தின் வேலைவாய்ப்புப் பாதுகாப்பும் அவளுக்கு இல்லை. அப்புறம் எஞ்சுவது 1866ஆம் வருடத்துச் சட்டம் ஒன்று, உள்நாட்டுப் போர் முடிந்த கையோடு, விடுதலையான அடிமைகளும் மற்றவர்களைப் போல ஒப்பந்தம் செய்துகொள்ளலாம் என்று கொண்டுவந்தது. ஹூஸ்டனில் ஒரு கறுப்பின நடனப் பெண் அதை வைத்துத்தான் வழக்குப் போட்டார். கறுப்பினப் பெண்கள் ஏற்கெனவே அதிகம், இனி வேண்டாம் என்று 2017இலும் 2021இலும் இரண்டு விடுதிகளில் தன்னைத் திருப்பி அனுப்பினார்கள் என்பது அவர் புகார். பல வருடங்களுக்கு முன்பே அங்கே இந்த வழக்கம் இருந்தது அவருக்குத் தெரியும், ஆகவே வழக்குப் போடுவதற்கான நான்கு வருடக் கெடு தாண்டிவிட்டது என்று கீழ் நீதிமன்றங்களில் தள்ளுபடி செய்தார்கள். 2025 ஜூனில் அமெரிக்க உச்ச நீதிமன்றமும் எடுத்துக்கொள்ள மறுத்துவிட்டது. நீதிபதி கெட்டாஞ்சி பிரவுன் ஜாக்சன் இதற்கு மாறுபட்ட கருத்து எழுதினார், நீதிபதி சோட்டமேயர் உடன் நின்றார். புதிதாக ஒருமுறை வாசலில் தடுத்தால் அது புதிய குற்றம், பழைய குற்றத்தின் தொடர்ச்சி என்று தள்ள முடியாது என்பது ஜாக்சனின் வாதம். அவர் சொன்னதுதான் சரி. பாகுபாட்டை நீண்டகாலம் விடாமல் செய்தவனுக்கு அந்த நீண்டகாலமே பாதுகாப்பு ஆகிவிடுவது என்ன நியாயம்?

2020 மே மாதம் ஜார்ஜ் ஃபிளாய்ட் என்ற கறுப்பினத்தவர் போலீஸ்காரரால் கொல்லப்பட்ட பிறகு இந்தத் துறையிலும் எல்லோரும் நிறவெறிக்கு எதிராக அறிக்கை விட்டார்கள், அவற்றைப் பற்றிச் சொல்ல எனக்கு அதிகம் இல்லை. அதே சமயத்தில் பல காலம் நடித்த சினமன் லவ் போன்றவர்கள் கறுப்பின, பழங்குடி, பிற நிறத்தவருக்கென்று ஒரு கூட்டமைப்பைத் தொடங்கினார்கள், போர்ட்லண்டில் நடனப் பெண்கள் விடுதிகளுக்கு எதிராக வேலைநிறுத்தம் செய்தார்கள். அதற்கும் முன்னால், 2017இல், நியூயார்க்கின் கறுப்பின நடனப் பெண்கள் வேலைநிறுத்தம் செய்தது நமக்கு இன்னும் நன்றாகவே விளங்கும். வெளிர்நிறப் பெண்களைப் பார்டெண்டர்களாக நிறுத்தி, வாடிக்கையாளர் பணமெல்லாம் அந்தப் பக்கம் போகும்படி விடுதிகள் ஏற்பாடு செய்ததுதான் சண்டைக்குக் காரணம். 2023 மே மாதம் வடக்கு ஹாலிவுட்டில் ஸ்டார் கார்டன் என்ற விடுதியின் பெண்கள், ஒரு வருடத்துக்கும் மேலாக வாசலில் மறியல் இருந்து, 17க்குப் பூஜ்யம் என்ற வாக்கில், நாடக நடிகர்களின் சங்கமான ஆக்டர்ஸ் ஈக்விட்டியில் சேர்ந்தார்கள்.

இணையம் வந்து ஏஜெண்டே தேவையில்லாமல் போயிற்றே என்று கேட்கலாம். நடிப்பவரே தன் படங்களைச் சந்தாதாரர்களுக்கு நேரடியாக விற்கும் ஒன்லிஃபேன்ஸ் தளம் எல்லோரிடமும் ஒரே மாதிரி 20 சதவீதம்தான் எடுக்கிறது, நிறம் பார்ப்பதில்லை. ஆனால் 2021 ஆகஸ்டில் வங்கிகளின் நெருக்கடியைச் சொல்லி அப்பட்டமான பாலியல் படங்களையே தடைசெய்யப் போவதாக அறிவித்து, ஒரு வாரத்துக்குள் பின்வாங்கினார்கள். அந்த சில நாட்களில் கையில் சேமிப்பு இல்லாதவர்கள் என்ன பாடு பட்டிருப்பார்கள் என்று யோசித்துப் பாருங்கள். பாதிக்கூலி வாங்கிப் பழகியவர்களிடம் சேமிப்பு எங்கே இருக்கும்?

வகுப்பில் சொல்லலாமா என்று கேட்டீர்கள். தாராளமாகச் சொல்லுங்கள். உங்கள் ஆட்கள் கூச்சப்படுவார்கள் என்றால் அரங்கின் பெயரை விட்டுவிடுங்கள், அந்தத் தனி அறையையும் ஷிஃப்ட் பட்டியலையும் மட்டும் சொல்லி, உங்கள் அலுவலகத்தில் வெளிநாட்டு வாடிக்கையாளர் முன்னால் யாரை உட்காரவைக்கிறீர்கள், யாரை வைப்பதில்லை, யார் அந்தப் பட்டியலைப் போடுவது என்று கேளுங்கள். அப்புறம் ஹூஸ்டன் வழக்கு. உங்கள் கட்டடத்தில் ஹவுஸ்கீப்பிங், செக்யூரிட்டி, கேண்டீன் எல்லாம் ஒப்பந்த ஏஜென்சி வழியாகத்தான் வருவார்கள் என்று நினைக்கிறேன். நீங்கள் நடத்தும் இந்த வகுப்பில் அவர்களில் ஒருவராவது உட்கார்ந்திருக்கிறாரா? இல்லையென்றால் அடுத்த வகுப்புக்கு அவர்களையும் கூப்பிட அனுமதி கேட்டுப் பாருங்கள், மேலிடத்தில் என்ன காரணம் சொல்கிறார்கள் என்று எனக்கு எழுதுங்கள். அப்போதும் பெயர் போட மாட்டேன்.